தலைப்புன்னா எனக்கு ரெகுலேட்டர்தான்

நம்ம ஸ்கூல் மலர்க்குழுவுலேர்ந்து தம்பி ஒருத்தர் வாட்ஸாப்ல வந்தாரு, "அண்ணே கட்டுரைய அப்புறமா அனுப்புங்க, முதல்ல தலைப்ப மட்டும் சொல்லுங்க, உள்ளடக்கம் பேஜ் போடணும்"னாரு. நான் "மூணாறு"ன்னு அடிச்சு அனுப்பிட்டேன். அவரு கேரளா டூர் கட்டுரைன்னு நெனச்சுக்கிட்டு ஒரு டீ கிளாஸ் எமோஜிய போட்டு "சூப்பர்ணே"ன்னுட்டாரு. தம்பி, அது இல்ல. நீடாமங்கலத்துக்கிட்ட வெண்ணாறு வந்து வெண்ணாறு, கோரையாறு, பாமணியாறுன்னு மூணா பிரியுதே, அந்த மூணாறு தலைப்பு. நீங்க தலைப்பு கேட்டீங்க, நான் தலைப்பத்தான் சொன்னேன்.

நம்ம காவேரி டெல்டா பக்கத்துல தலைப்புன்னா கட்டுரைக்கு மேல எழுதுறது ரெண்டாவது அர்த்தம்தான். ஒரு ஆத்துலேர்ந்து இன்னொரு ஆறோ வாய்க்காலோ பிரியுற எடத்துல சட்டர் வச்சு ஒரு கட்டுமானம் இருக்கும்ல, பிடபிள்யூடி காரங்க பேப்பர்ல ஹெட் ரெகுலேட்டர்னு எழுதுவாங்க, அதுல ஹெட்ட மட்டும் எடுத்து நம்மாளுங்க தலைப்புன்னு ஆக்கிக்கிட்டாங்க, மிச்சம் கெடந்த ரெகுலேட்டர அப்புடியே ரெகுலேட்டர்னே வச்சுக்கிட்டாங்க, ஷட்டர்ஸ்ஸ சட்ரஸ்ஸுன்னு ஆக்கி அதையே ஒருமையாவும் வச்சுக்கிட்டாங்க. "சட்ரஸ்லாம் எறங்கு"ன்னு கண்டக்டர் கத்துனா நாலு பேரு எறங்குவாங்க, ஊர் பேரே அதுதான்னு ரொம்ப நாள் நெனச்சிருந்தேன். நீரொழுங்கின்னு அழகான தமிழ் வார்த்தை ஒண்ணு கல்வெட்டுலயும் போர்டுலயும் இருக்கு, ஆனா அத வாயால சொன்ன ஒரு ஆள நான் பாத்ததில்ல. கொடுத்ததும் இருக்கு, வாங்குனது மட்டும் இல்ல. அணைக்கட்டத்தான் வெள்ளைக்காரன் அனிகட்னு எழுதி இங்கிலீஷ் டிக்‌ஷனரிக்குள்ள கொண்டுபோயிட்டான், கல்லணை கிராண்ட் அனிகட் ஆச்சு, 1836ல ஆர்தர் காட்டன் கட்டுன முக்கொம்பு மேலணை அப்பர் அனிகட் ஆச்சு. ஒரு அணைக்கட்டக் குடுத்துட்டு ஒரு ரெகுலேட்டர வாங்கிட்டு வந்தோம்னு வச்சுக்கலாம்.

இப்ப விஷயத்துக்கு வர்றேன். 1994, ப்ளஸ் டூ பிசிக்ஸ் பிராக்டிகல். எனக்கு விழுந்தது ஜீனர் டயோட், வோல்டேஜ மாறாம நிறுத்துற குட்டி எலக்ட்ரானிக் பொருளு. கிராஃபெல்லாம் நல்லாத்தான் வந்துது, கடைசில வைவா. எக்ஸ்டர்னல் வெளியூர்லேர்ந்து வந்தவரு, கண்ணாடிய மூக்குல எறக்கிக்கிட்டு "வாட் இஸ் எ ரெகுலேட்டர்?"னு கேட்டாரு. அவரு கேட்டது வோல்டேஜ் ரெகுலேட்டர், முன்னாடி டயோட் இருக்கு, எவனுக்கும் புரியும். எனக்கு அந்த வார்த்த காதுல விழுந்த உடனே கண்ணு முன்னாடி வந்தது தண்ணி, நொர, பாலத்து மேலேர்ந்து குதிக்கிற பசங்க. "தண்ணிய பிரிச்சு அளவா விடுறது சார்"னு தமிழ்லயே சொல்லிட்டேன். பக்கத்து டேபிள்ல பெண்டுலம் வச்சுக்கிட்டிருந்தவன் சிரிச்சே புட்டான். எக்ஸ்டர்னல் சிரிக்கல, "ப்ளம்பர் வேலைக்குப் போறியா"ன்னாரு, மார்க்கயும் நல்லா கிள்ளிட்டாரு. அந்தப் புண்ணு எனக்கு இன்னும் ஆறலன்னு வச்சுக்கங்க.

நம்ம பிசிக்ஸ் சாருக்கு விஷயம் போச்சு. பேரு சொல்ல வேணாம், சைக்கிள்ல டிபன் கேரியரோட வர்றவருன்னா நம்ம பேட்ச்சுல எல்லாருக்கும் தெரியும். திட்டுவாருன்னு பாத்தா, சனிக்கிழம காலைல எங்க நாலஞ்சு பேர சைக்கிள எடுத்துக்கிட்டு வரச் சொல்லி நேரா மூணாறு தலைப்புக்கு கூட்டிட்டுப் போயிட்டாரு. பிப்ரவரி மாசம். மேட்டூர ஜனவரி 28ல மூடிடுவாங்கள்ல, ஆத்துல சொட்டுத் தண்ணி இல்ல, வெறும் மணலு. தண்ணி ஓடும்போதே பாத்துப் பழகுன எடம், அன்னிக்கு அது ஏதோ துணி இல்லாம நிக்கிற மாதிரி இருந்துது. சார் செருப்ப கழட்டிட்டு படிக்கட்டு வழியா கீழ எறங்கி சட்டருக்கு அடியில போயி நின்னுக்கிட்டாரு. "தண்ணி இருக்கும்போது பாத்தா இது பாலம்டா, இல்லாதப்ப பாத்தாத்தான் மிஷினு"ன்னாரு.

கிட்டப் போயி பாத்தேன். கண்ணு கண்ணா வளைவு, ஒவ்வொரு கண்ணுக்கும் ரெண்டு பக்கமும் தூண்ல காடி வெட்டியிருக்கு, அந்தக் காடிக்குள்ள இரும்புப் பலகை மேலயும் கீழயும் போவுது, பலகைலேர்ந்து மேல திருகு வச்ச தண்டு, அதுல கருப்பா கிரீஸ், மேல கையால சுத்துற ஹேண்டில். காடியில செத்த நத்தைங்க வரிசையா ஒட்டிக்கிட்டு கெடந்துது, போன வருஷம் தண்ணி எதுவரைக்கும் நின்னுதுன்னு அதப் பாத்தே சொல்லிடலாம். தூண்ல அடிக்கணக்கு பெயிண்ட் அடிச்சிருந்துது. கீழண்டப் பக்கம் தண்ணி விழுந்து விழுந்து பறிச்ச பள்ளத்துல கொஞ்சம் தண்ணி தேங்கி நிக்கிது, அதுல நாலு மடையான் தவம் இருக்கு. சட்டர ஏத்தி எறக்குற லஸ்கர் மேலேர்ந்து "யாரது கீழ"ன்னு சத்தம் போட்டாரு, சாரப் பாத்ததும் பீடிய அணைச்சுட்டாரு, அவரு பையனும் நம்ம ஸ்கூல்தான்.

சார் மணல்ல குச்சியால கோடு போட்டு அங்கயே பாடம் எடுத்தாரு. "இவன் சொன்னது தப்பே இல்லடா, எடம்தான் தப்பு. வர்றது எப்புடி வேணா வரட்டும், போறது அளவா போகணும், அதுக்கு நடுவுல நிக்கிறதுக்குப் பேரு ரெகுலேட்டர். ஃபேனுக்கு, கேஸ் சிலிண்டருக்கு, ஆத்துக்கு எல்லாத்துக்கும் இதுதான். ஆனா ஒரு கேள்வி கேக்கணும். அளவுக்கு மேல இருக்குற மிச்சம் எங்க போவுது?"

இந்த ஒரு கேள்விக்காகத்தான் இந்தக் கட்டுரையே எழுதுறேன். கேஸ் சிலிண்டர்ல மிச்சம் சிலிண்டருக்குள்ளயே இருந்துடும், தொந்தரவில்ல. நம்ம ஸ்டாஃப் ரூம்ல செவுத்துல கருப்பா டப்பா மாதிரி ஒரு பழைய ஃபேன் ரெகுலேட்டர் இருக்குமே, ஒண்ணுல வச்சா தொட முடியாது, அவ்ளோ சூடு, ஏன்னா உள்ள இருக்குற ரெசிஸ்டன்ஸ் மிச்சத்தயெல்லாம் சூடாக்கி வீணடிக்குது, காத்தும் கொறையுது கரண்டு பில்லும் பெருசா கொறையாது. அப்புறம் வந்த எலக்ட்ரானிக் ரெகுலேட்டர் கரண்ட துண்டு துண்டா நறுக்கி விடுது, அதனால சூடு இல்ல. ஜீனர் டயோட் எப்புடின்னு கேட்டோம். சார் குச்சிய எடுத்து ஒரு கோடு போட்டாரு, அதுலேர்ந்து ரெண்டா பிரிச்சாரு, ஒண்ணுல லோடுன்னு எழுதி பக்கத்துல காவேரின்னு எழுதுனாரு, இன்னொண்ணுல ஜீனர்னு எழுதி பக்கத்துல கொள்ளிடம்னு எழுதுனாரு. அவ்ளோதான். எனக்கு புரிஞ்சுபோச்சு. லோடுக்கு வேண்டிய வோல்டேஜ் மாறாம நிக்கணும்னா மிச்ச கரண்டு எல்லாத்தயும் ஜீனர் தன் மேல வாங்கி கீழ விட்டுடும், காவேரி கர ஒடையாம இருக்கணும்னா வெள்ளத்த எல்லாம் கொள்ளிடம் வாங்கிக்கிட்டு கடலுக்குப் போயிடும். "ஆனா ஜீனருக்கும் ஒரு தாங்குற அளவு இருக்குடா, அதத் தாண்டுனா கருகிப்போயிடும்"னாரு.

2018 ஆகஸ்ட் 22 ராத்திரி முக்கொம்புல கொள்ளிடம் பக்கத்து பழைய மேலணைல 9 சட்டர் அடிச்சிக்கிட்டுப் போச்சே, அப்ப நான் இங்க அமெரிக்கால ஆபீஸ்ல லன்ச் டைம்ல போன்ல அந்த வீடியோவப் பாத்துக்கிட்டு "ஜீனர் போச்சு"ன்னு சத்தமா சொல்லிட்டேன், பக்கத்துல இருந்த குஜராத்தி பையன் எந்த சர்வர்னு கேட்டான்.

ஆத்து ரெகுலேட்டர்ல மிச்சம்னு ஒண்ணு கெடையவே கெடையாது, அதுதான் அதுல உள்ள சிக்கலு. இந்தக் கண்ண மூடுனா தண்ணி அந்தக் கண்ணுக்குத்தான் போவும், பாமணியாத்துக்குக் கொறச்சா கோரையாத்துக்குக் கூடும், ஒருத்தனுக்கு அடைப்பு இன்னொருத்தனுக்கு தொறப்பு. அதனாலதான் இன்னாருக்கு இத்தன நாள்னு முறை வைக்கிறது, அதுக்கு சண்ட, ராத்திரி டார்ச் லைட்ட எடுத்துக்கிட்டுப் போயி லஸ்கர எழுப்புறது எல்லாம். அப்பா ஒரு தடவ அப்புடிப் போயி சட்டைய கிழிச்சிக்கிட்டு வந்தாரு, யாருகூட சண்டன்னு கடைசிவரைக்கும் சொல்லல. கிராஸ் ரெகுலேட்டர்னு இன்னொண்ணு இருக்கு, ஆத்துக்கு குறுக்க. தண்ணிய நிறுத்துறதுக்குன்னுதான் நாங்கல்லாம் நெனச்சோம். அது நிறுத்துறதுக்கு இல்ல, ஆத்துல மட்டத்த ஏத்துறதுக்கு, மட்டம் ஏறுனாத்தான் பக்கத்து வாய்க்கா தலைப்புல தண்ணி ஏறும். கடைமடைல வேதாரண்யம் பக்கமெல்லாம் டெயில் எண்ட் ரெகுலேட்டர், அது இன்னும் தமாஷு, அதுக்கு முக்கிய வேலையே கடல் தண்ணி உள்ள ஏறிடாம மறிக்கிறது, நல்ல தண்ணிய கொஞ்சம் தேக்கி வைக்கிறது. மேல ஒரு ரெகுலேட்டர் "போ"ங்குது, கீழ ஒரு ரெகுலேட்டர் "வராத"ங்குது, ரெண்டுக்கும் ஒரே பேரு.

இன்னொண்ணு ஞாபகம் வந்துச்சு. எச்எம் ரூம்ல தொங்குன பெண்டுலம் கடிகாரம், கண்ணாடில தங்கக் கலர்ல ரெகுலேட்டர்னு எழுதியிருக்கும், அது கம்பெனி பேருன்னு நெனச்சோம். சார்தான் சொன்னாரு, ஒரு காலத்துல மத்த கடிகாரத்துக்கெல்லாம் மணி சரி பண்ணி வைக்கிற அளவுக்கு துல்லியமா ஓடுற கடிகாரத்துக்குத்தான் ரெகுலேட்டர்னு பேரு, அப்புறம் செவுத்துல மாட்டுற சாதா கடிகாரத்துக்கெல்லாம் அந்தப் பேர போட்டு வித்துட்டாங்கன்னு. நம்ம ரெகுலேட்டர் எட்டு நிமிஷம் லேட்டு, அதப் பாத்துத்தான் பியூன் பெல் அடிப்பாரு. ரயில்வேல இருந்த பெரியப்பா நீராவி இஞ்சின்ல நீராவிய சிலிண்டருக்கு விடுற கைப்பிடிய ரெகுலேட்டர்னுதான் சொல்லுவாரு, அமெரிக்கால அதுவே த்ராட்டில்.

அமெரிக்கான்னதும் நான் இருக்குற எடத்த சொல்லணும். வட கரோலினா, சார்லட். பேங்க் ஊரு. நானும் பேங்க்லதான் ஐடி. இங்க வந்த முதல் மாசம் மேனேஜர் ஓடியாந்து "ரெகுலேட்டர்ஸ் மண்டே வர்றாங்க"ன்னாரு. வர்றாங்களா? நமக்கு ரெகுலேட்டர் இருந்த எடத்துலயே இருக்கும், தண்ணிதான் வரும். அப்புறம் பாத்தா கோட்டு போட்ட ஆளுங்க, பேங்க்குகள கண்காணிக்கிற அரசாங்க ஆபீஸ்காரங்க. நம்ம ஊர்ல மிஷின் ரெகுலேட்டர், மனுஷன் லஸ்கர். இங்க மனுஷனே ரெகுலேட்டர். தமிழ்ல இத நல்லாவே பிரிச்சு வச்சிருக்கோம், ஆத்துல இருக்குறது நீரொழுங்கி, ஆபீஸா இருந்தா ஒழுங்குமுறை ஆணையம், 2018ல காவேரிக்கு போட்டாங்களே அது ஒழுங்காற்றுக் குழு. ஒரு இங்கிலீஷ் வார்த்தைய நாம மூணு தலைப்புல பிரிச்சு விட்டிருக்கோம்.

இந்த மாநிலத்துலயே அலமான்ஸ்னு ஒரு எடம் இருக்கு, ஒரு லீவு நாள்ல பசங்களோட போனேன், போர்டுல "ரெகுலேட்டர்ஸ்"னு எழுதியிருந்துது. ஏதோ சட்ரஸ்ஸு பக்கத்துல இருக்கும்னு நெனச்சு தேடுனேன்னா நீங்க நம்ப மாட்டீங்க. விவசாயிங்க சார். வரியும் ஃபீஸும் போட்டு புடுங்குன அதிகாரிங்கள நாங்க ஒழுங்குபடுத்துறோம்னு கெளம்பி அவங்களே அவங்களுக்கு வச்சுக்கிட்ட பேரு ரெகுலேட்டர்ஸ். 1771 மே 16ல கவர்னர் படையோட வந்து அடிச்சு கலைச்சுட்டாரு, பின்னாடி ஆறு பேர தூக்குல போட்டாங்க. இஞ்சினியரிங்ல இஞ்சின் வேகத்த அளவா வச்சுக்கிற கருவிக்குப் பேரு கவர்னர், அதுவும் ஒரு வகைல ரெகுலேட்டர்தான், ரெண்டும் அண்ணன் தம்பி. அங்க கவர்னர் ரெகுலேட்டர சுட்டுருக்காரு. சார் இருந்திருந்தா இத வச்சு ஒரு பீரியட ஓட்டியிருப்பாரு.

போன ஜூன்ல வீட்லேர்ந்து வேலை. ராத்திரி மீட்டிங், அம்மாவும் இன்னொரு போன்ல வீடியோ கால்ல இருக்கு, வைக்க மனசு வரல, மியூட்லயும் போடல. நான் லேப்டாப்ல "ரெகுலேட்டர் ஈஸ் நாட் ஹேப்பி, ரெகுலேட்டர் ஹேஸ் நாட் ஓப்பன்ட் தி ஃபைல் யெட்"னு எதையோ பேசிக்கிட்டிருக்கேன். முடிச்சுட்டு போனப் பாத்தா அம்மா மொகத்துல ஒரே கவல.

"என்னா தம்பி, அங்கயும் தொறக்கலயா? இங்க 12ந்தேதியே மேட்டூர்ல தொறந்துட்டான், இன்னும் நம்ம வாய்க்காலுக்கு வரல, கேட்டா தலைப்புல முறை வச்சிருக்குன்றான். நாத்து நிக்கிது. நீ உங்க லஸ்கரப் போயி நேர்ல பாரு, போன்ல பேசுனா வேலைக்கு ஆவாது."