ஜங்கின் கதைய நான் ஏன் சொன்னேன்

காலேஜ் முடிச்சிட்டு அமெரிக்கன் ஃபுட்பால் ஆட முயற்சி பண்ணலாமா, ஆபீஸ் வேலைல சேரலாமான்னு கேட்ட அந்தப் பையனுக்கு நான் சொன்ன பதில் சரியானதுதான்னு இப்பவும் நினைக்கிறேன், ஆனா அத சொல்றதுக்கு ட்ரே ஜங்கின்ங்கற பழைய ஆட்டக்காரரோட கதைய இழுத்திருக்கணுமாங்கறது மட்டும் இன்னும் பிடிபடல.

2024 ஏப்ரல் கடைசி, என்எஃப்எல்ங்கற அமெரிக்கன் ஃபுட்பால் லீக்ல டீமுங்க காலேஜ் பிள்ளைங்கள தேர்ந்தெடுக்கற டிராஃப்ட் முடிஞ்சு போச்சு. அவன் பேர் வரல, வரும்னு அவனும் எதிர்பாக்கல. அவன் லாங் ஸ்னாப்பர், உதைக்கறதுக்காக பந்த காலுக்கு நடுவுல பின்னாடி எறியறவன், அந்த எறிதான் ஸ்னாப். ஏழு ரவுண்டுல லாங் ஸ்னாப்பர யாராவது எடுத்தாலே அபூர்வம், ஒரு வருஷம் ஒன்னு ரெண்டு பேர், சில வருஷம் ஒருத்தரும் இல்ல. 2015ல நேவி அகாடமி டீம்ல இருந்து வந்த ஜோ கார்டோனாவ பேட்ரியாட்ஸ் டீம்ல அஞ்சாவது ரவுண்டுலயே எடுத்தாங்க, அப்படி நடக்கறது ரொம்ப கம்மி. இவனுக்கு வந்தது ஒரு டீம் புது ஆளுங்களுக்கு நடத்தற ரூக்கி மினிகேம்ப்புக்கு ட்ரைஅவுட் அழைப்பு மட்டும்தான். கான்ட்ராக்ட் கிடையாது, வார கடைசில கூப்பிட்டு பாப்பாங்க, பிடிச்சா கையெழுத்து, இல்லேன்னா ஞாயித்துக்கிழமை வீட்டுக்கு. அதே வாரத்துல ஒரு அக்கவுண்டிங் கம்பெனியோட ஆஃபர் லெட்டர், வெள்ளிக்கிழமைக்குள்ள பதில் சொல்லியாகணும். ரெண்டு பேப்பரையும் என் டேபிள்ல பக்கத்துல பக்கத்துல வெச்சிட்டு, "நீங்க என்ன சொல்றீங்க"ன்னான். கேரியர் ஆபீஸ்ல உக்காந்திருக்கறவங்கள எல்லா பிள்ளைங்களும் கேக்கற கேள்விதான்.

நான் முதல்ல கணக்க சொன்னேன். லீக்ல 32 டீம், ஒவ்வொரு டீம்லயும் 53 பேர், அதுல இந்த வேலைக்கு ஒரே ஒருத்தர். அந்த ஒருத்தரும் லேசுல இடத்த விடமாட்டார். சிகாகோல பேட்ரிக் மன்னெல்லி 1998ல இருந்து 2013 வரைக்கும் 16 சீசன், டெட்ராய்ட்ல டான் முல்பாக் 2004ல இருந்து 2020 வரைக்கும் 17 சீசன். நீ ஸ்கூல் சேர்ந்ததுல இருந்து ஸ்கூல் முடிக்கிற வரைக்கும் டெட்ராய்ட்ல அந்த வேலை காலியே ஆகலன்னேன். தலையாட்டினான், இதெல்லாம் அவனுக்கு என்னவிட நல்லா தெரியும். அப்புறம்தான் ஜங்கின் கதைய எடுத்தேன்.

2003 ஜனவரி 5, சான் ஃப்ரான்சிஸ்கோ, ப்ளேஆஃப் மேட்ச். நியூயார்க் ஜயண்ட்ஸ் 38-14ன்னு முன்னாடி நின்னு, அங்கேர்ந்து சரிஞ்சு 39-38ன்னு பின்னாடி போயிட்டாங்க. கடைசி ஆறு செகண்ட், 41 யார்டு ஃபீல்டு கோல், அதாவது தரைல நட்ட பந்த கோல் போஸ்ட்டுக்கு நடுவுல உதைக்கறது, அடிச்சா ஜெயிச்சாங்க. ஸ்னாப் போட நின்னவர் ஜங்கின், 41 வயசு. அந்த சீசன்ல வேலையே இல்லாம வீட்ல இருந்தவர, டீம்ல ஸ்னாப்பர் பிரச்சனைன்னு அந்த வாரம்தான் கூப்பிட்டு கையெழுத்து வாங்கினாங்க. பந்து தாழ்வா போச்சு, பந்த வாங்கி உதைக்கறதுக்கு நட்டு வெக்கற ஹோல்டரால நிறுத்த முடியல, எந்திரிச்சு ஓடி தூக்கிப் போட்டார், முடிஞ்சு போச்சு. மேட்ச் முடிஞ்சதும் ஜங்கின் ஓடி ஒளியல, பத்திரிக்கைக்காரங்க முன்னாடி நின்னு தப்பு என்னோடதுன்னு சொன்னார். பத்தொன்பது சீசன் ஆடின மனுஷன், இன்னைக்கும் பேர தேடினா முதல்ல வர்றது அந்த ஒரு பந்துதான். இத சொல்லிட்டு, "இந்த வேலைல நல்லா பண்ணா யாருக்கும் உன் பேர் தெரியாது, ஒன்னு தப்பினா எல்லாருக்கும் தெரியும்"னேன்.

அவன் கொஞ்ச நேரம் பேசல. அப்புறம் ரொம்ப சாதாரணமா சொன்னான், "41 வயசுலயும் அவர நம்பி கூப்பிட்டிருக்காங்க, எனக்கு அதுதான் தோணுது."

அதுக்கு என்கிட்ட பதில் இல்ல. இன்னைக்கும் இல்ல.

நான் கதையோட கடைசிய சொன்னேன், அவன் முன்னாடி இருந்த 19 வருஷத்த பாத்தான். ஜங்கின், 1983ல பஃபலோ டீம் நாலாவது ரவுண்டுல எடுத்த லைன்பேக்கர், அதாவது தடுப்பு ஆட்டக்காரர், கூட எடுத்தவங்கள்ல பாதிப் பேர் பேரே மறந்து போன காலத்துலயும் இந்த ஒரு கைத்தொழில வெச்சு களத்துல நின்னவர். அந்த மேட்ச்சோட இன்னொரு பக்கத்தயும் நான் சொல்லல. கடைசில எதிராளி பண்ண பாஸ் இன்டர்ஃபியரன்ஸ, அதாவது பந்த பிடிக்கப் போறவர இழுத்து தடுக்கற தப்ப, நடுவருங்க விட்டுட்டாங்கன்னு லீக்கே மறுநாள் ஒத்துக்கிச்சு, சரியா ஊதியிருந்தா அந்த டவுன, அதாவது அந்த ஒரு முயற்சிய, திரும்ப ஆடியிருக்கணும். அதாவது ஜங்கினுக்கு இன்னொரு ஸ்னாப் கிடைச்சிருக்கும். அத நான் வேணும்னு மறைக்கல, பேச்சு அந்தப் பக்கம் போகல அவ்வளவுதான். ஆனா போகாததுக்கு காரணம் அது என் வாதத்துக்கு உதவாதுங்கறதானானு ராத்திரி சில சமயம் யோசிக்கிறேன்.

சரி, என் பக்கத்தையும் சொல்லணும்ல. என் வேலையே அதுதான், இருபத்திரெண்டு வயசுல கையெழுத்து போடப் போறவனுக்கு ரெண்டு பக்கத்தையும் காட்டறது. நல்லா பண்ணிட்டே இருந்தா போதும்னு சொல்றதுக்கும் இல்ல. ரயன் பாண்ட்பிரியாண்ட்ங்கற ஸ்னாப்பர கிளீவ்லேண்ட் 2003ல அஞ்சாவது ரவுண்டுல எடுத்தாங்க, சிறந்த ஆட்டக்காரங்கள மட்டும் கூப்பிடற ப்ரோ பௌலுக்கு ரெண்டு தடவ போனார், 2011 சீசன்ல சில பந்து தாறுமாறா போனதும் சீசன் நடுவுலயே அனுப்பிட்டாங்க. இதையெல்லாம் தெரிஞ்சு வெச்சிருந்தும் சொல்லாம "போ தம்பி, கனவ தொரத்து"ன்னு முதுகுல தட்டி அனுப்பறது எனக்கு வராது, அது பாசம் மாதிரி தெரியும், ஆனா பொறுப்பில்லாத்தனம்.

ஆனா இன்னொன்னும் இருக்கு. மெடிக்கல் ஸ்கூலுக்கு ரெண்டாவது தடவ அப்ளை பண்ற பொண்ணு வந்தா நான் இப்படி ஒரு விபத்து கதைய சொல்லுவேனா? மாட்டேன். அங்கயும் இடம் கம்மிதான், அங்கயும் ஒரு தப்பு ஒருத்தர முடிச்சிடும். அந்த வேலைய நான் வேலைன்னு நினைக்கிறேன், இவனோடத அப்படி நினைக்கலயோ என்னமோ.

அவன் பண்றத நான் பக்கத்துல நின்னு பாத்திருக்கேன், அதனாலதான் இது இன்னும் உறுத்துது. குனிஞ்சு காலுக்கு நடுவுல தலைகீழா பாத்துட்டு, பதினஞ்சு யார்டு தள்ளி நிக்கற பன்டரோட, அதாவது பந்த எதிராளி பக்கம் தூரமா உதைச்சு விடறவரோட, இடுப்புக்கு பந்த அனுப்பறான், முக்கால் செகண்டுக்குள்ள போய் சேருது. ஃபீல்டு கோலுக்கு இன்னும் நுணுக்கம், ஏழெட்டு யார்டுதான், ஆனா ஹோல்டர் கைல விழும்போது பந்தோட தையல் கோல் போஸ்ட்ட பாத்து இருக்கணும், அப்பதான் அவர் திருப்பாம அப்படியே நட்டு வெக்கலாம். ஸ்னாப்ல இருந்து உதை வரைக்கும் மொத்தமே 1.3 செகண்ட் சுமாருக்கு. அதுக்காக பந்து எத்தன சுத்து சுத்துதுன்னு கணக்கு வெச்சு, பிடிய ஒரு விரல் தள்ளி, திரும்ப போட்டு, திரும்ப மாத்தி, ஹோல்டர் "சரி"ன்னு கைய தூக்கற வரைக்கும் போட்டுட்டே இருந்தான். ஆள்காட்டி விரல் நுனில தோல் வெடிச்சு டேப் சுத்தியிருந்துச்சு. ஹைஸ்கூல்ல இருந்தே ஸ்னாப்பருங்களுக்கு கிறிஸ் ரூபியோ நடத்தற மாதிரி பயிற்சி கேம்ப்புகளுக்கு அப்பா கார்ல கூட்டிட்டு போயிருக்கார், காலேஜ்ல ஸ்காலர்ஷிப் இல்லாமதான் சேர்ந்தான், மூணாவது வருஷம்தான் குடுத்தாங்க.

அவனுக்கு நிஜமான தடை நான் சொன்ன கணக்கு கூட இல்ல, எடை. காலேஜ்ல பன்ட் பண்ணும்போது ஸ்னாப் போட்டதும் எல்லாரும் ஓடலாம், அதனால ஸ்னாப்பர் போட்டுட்டு பறந்துடலாம். என்எஃப்எல்ல அப்படி இல்ல, உதைக்கற வரைக்கும் ரெண்டு ஓரத்துல நிக்கறவங்க மட்டும்தான் ஓடலாம், ஸ்னாப்பர் நின்னு எதிர்ல வர்றவன தடுக்கணும். அதுக்கு 240 பவுண்டு பக்கம் உடம்பு கேப்பாங்க, இவன் 220. இத நான் அப்போ சொல்லியிருந்தா உபயோகமா இருந்திருக்குமோ, ஆனா அத அவனோட கோச் சொல்லியிருந்தார், என் இடம் அது இல்ல.

கடைசில நான் சொன்ன யோசனைதான் நடந்துச்சு. கம்பெனிகிட்ட ஜனவரில சேர்றேன்னு கேட்டுப் பாருன்னேன், கேட்டான், ஒத்துக்கிட்டாங்க. மினிகேம்ப் போனான், கையெழுத்து இல்ல. அதுக்கப்புறம் சீசன் நடுவுல ஒரு செவ்வாய்க்கிழமை ஒரு டீம் கூப்பிட்டுச்சு, செவ்வாய்க்கிழமைதான் வெளி ஆளுங்கள கூப்பிட்டு பாக்கற நாள். திரும்பி வந்து போன் பண்ணான்.

"எப்படி போச்சு?"

"எல்லா பந்தும் நல்லா போச்சு."

"அப்புறம் ஏன்?"

"அவங்க ஆளுக்கு கை சரியாயிடுச்சாம்."

கொஞ்சம் விட்டு, "தினமும் இன்ஜுரி ரிப்போர்ட் பாக்கறேன், யாருக்கும் அடிபடணும்னு நினைக்கல, ஆனா பாக்காம இருக்க முடியல, அது என்னமோ மாதிரி இருக்கு"ன்னான். இதுக்கு என்ன சொல்றதுன்னு எந்த ட்ரெய்னிங்லயும் சொல்லித்தரல. அது தப்பில்ல, அந்த வேலை அப்படித்தான் காலியாகும்னேன். சொன்னது உண்மை, ஆறுதலா இருந்துச்சானு தெரியல.

2024ல அந்த லீக்ல ரூக்கி குறைஞ்சபட்ச சம்பளம் 7,95,000 டாலர், மூணு சீசன் கணக்குல சேர்ந்தா பென்ஷன் வேற. ஜனவரில அவன் அக்கவுண்டிங் வேலைல சேர்ந்துட்டான், அந்த சம்பளத்த இதோட பக்கத்துல வெச்சே பாக்க முடியாது, ஆனா நல்ல வேலை, டாக்ஸ் சீசன்ல மட்டும் நசுக்கிடுவாங்க. சாயங்காலம் இன்னும் ஒரு ஸ்கூல் கிரவுண்டுல வலைய கட்டிட்டு போட்டுட்டுதான் இருக்கானாம், எடையும் ஏத்தியிருக்கானாம், அவன் கூட ஆடின பன்டர் சொன்னான். சில நாள் இத கேட்டா அந்த ஜனவரி யோசனை அவனுக்கு ரெண்டு கதவையும் திறந்து வெச்சுதுன்னு சந்தோஷமா இருக்கும், சில நாள் அந்தக் கம்பெனி தேதிதான் அவன் கவனத்த பாதியா பிரிச்சிடுச்சோன்னு இருக்கும், ரெண்டையும் மாத்தி மாத்தி நம்பறேன்.

எங்க காலேஜ் டீம்ல இப்போ இருக்கற ஸ்னாப்பருக்கும் இதுதான் கடைசி சீசன். போன வாரம் அப்பாயின்ட்மென்ட் போட்டிருக்கான், டிகிரி ஃபைனான்ஸ், கைல ஆஃபர் எதுவும் இல்ல. இவன்கிட்ட முதல்ல பந்த பத்தி கேக்கப் போறேன், எடை எவ்வளவு, தடுக்கறதுக்கு யார் சொல்லித் தர்றாங்கன்னு. ஜங்கின் கதைய சொன்னா இந்தத் தடவ 1983ல இருந்து ஆரம்பிப்பேன், சொல்லணுமாங்கறத இன்னும் முடிவு பண்ணல.