சொட்டு மருந்து இல்லாத கண்புரை ஆபரேஷன்: கோத்தகிரியிலிருந்து கோவைக்கு இறங்கிப் போய் வந்த விவரம்

கண்புரை ஆபரேஷன் கால் மணி நேரத்தில் முடிந்துவிடுகிறது. வீட்டுக்கு வந்த பிறகு ஊற்ற வேண்டிய சொட்டு மருந்துதான் ஒன்றரை மாதம் இழுக்கிறது. அம்மாவின் வலது கண்ணுக்கு அப்படித்தான் நடந்தது. ஸ்டீராய்டு சொட்டு முதல் வாரம் தினம் ஆறு வேளை, அடுத்த வாரம் ஐந்து, அப்புறம் நான்கு என்று குறைத்துக்கொண்டே வந்து ஆறாவது வாரம் ஒரு வேளை. அதுவே 147 சொட்டு. கிருமிக்கு ஒரு வாரம் நான்கு வேளை, வீக்கத்துக்கு இன்னொரு மருந்து நான்கு வாரம் மூன்று வேளை. எல்லாம் சேர்த்தால் 259. ஒரு மருந்துக்கும் அடுத்ததற்கும் ஐந்து நிமிடம் இடைவெளி வேண்டும், இல்லாவிட்டால் முதலில் ஊற்றியதை இரண்டாவது கழுவிக்கொண்டு போய்விடும்.

எழுதிக் கொடுப்பது சுலபம். எட்டு மணிக்கெல்லாம் எல்லோரும் தேயிலைத் தோட்டத்துக்கு இலை பறிக்கப் போய்விட்டால் பகல் வேளைச் சொட்டை யார் ஊற்றுவது? தை மாதக் குளிரில் விரல் விறைத்துப்போய் பாட்டிலை அழுத்த வராது. அழுத்தினால் ஒன்றுக்கு மூன்றாக விழும், அல்லது கன்னத்தில் வழியும். பாட்டில் முனை இமை முடியில் பட்டால் அந்தக் கிருமி பாட்டிலுக்குள்ளேயே போய்விடும். முதன்முறையாகச் சொட்டு ஊற்றிக்கொள்கிறவர்களை உட்கார வைத்துப் பார்த்து 2014-இல் வெளிவந்த ஒரு ஆய்வில், பத்தில் ஒன்பது பேருக்கு மேல் தப்பாகத்தான் ஊற்றினார்கள். ஆகவே இது வயதானவர்களின் கவனக்குறைவு என்று திட்ட வேண்டிய விஷயமே இல்லை.

இடது கண்ணுக்குச் சொட்டு இல்லாத முறையைக் கேட்டு வாங்கினோம். முதலில் ஒன்றைத் தெளிவாகப் புரிந்துகொள்ள வேண்டும். சொட்டு இல்லை என்றால் மருந்து இல்லை என்று அர்த்தமில்லை. ஒன்றரை மாதம் கையால் ஊற்ற வேண்டிய மருந்தை டாக்டர் ஆபரேஷன் மேஜையிலேயே கண்ணுக்குள் வைத்துவிடுகிறார். சொட்டு என்றால் பாதியில் நிறுத்தலாம், கூட்டலாம், குறைக்கலாம். உள்ளே வைத்த மருந்து தானாகக் கரையும்வரை வேலை செய்துகொண்டேதான் இருக்கும். ஆபரேஷனுக்குப் பிறகு நாம் பயப்பட வேண்டிய இடம் இதனால் மாறிவிடுகிறது.

வைப்பதற்கு மூன்று வழி. ஒன்று, ட்ரையாம்சினலோன் என்ற ஸ்டீராய்டையும் மாக்ஸிஃப்ளாக்ஸசின் என்ற கிருமிக்கொல்லியையும் கலந்து, லென்ஸ் வைத்தபின் அதற்குப் பின்னால் இருக்கும் கூழில் சுமார் 0.2 மி.லி. செலுத்துவது. இரண்டாவது, கிருமிக்கொல்லியைக் கண்ணின் முன் அறையில் போட்டு, ஸ்டீராய்டைத் தனியாகக் கீழ்ப்பக்கம் வெள்ளை விழிமேல் இருக்கும் மெல்லிய தோலுக்கு அடியில் வைப்பது. மூன்றாவது, கண்ணீர் வடியும் சின்னத் துளையில் 0.4 மி.கி. டெக்ஸாமெத்தசோன் என்ற ஸ்டீராய்டு உள்ள ஒரு குச்சியைச் செருகுவது. அது 30 நாள் கொஞ்சம் கொஞ்சமாக மருந்தை விடும். அமெரிக்காவில் 2018-இல் அனுமதி பெற்றது.

எங்களுக்குச் செய்தது இரண்டாவது வழி. முன் அறையில் 0.5 சதவீத மாக்ஸிஃப்ளாக்ஸசின் 0.1 மி.லி., அதாவது 500 மைக்ரோகிராம். கீழ்ப்பக்கத் தோலடியில் ட்ரையாம்சினலோன் 4 மி.கி. அளவு டாக்டருக்கு டாக்டர் மாறும். முன் அறையில் கிருமிக்கொல்லி போடுவது நம் பக்கத்திலேயே நன்றாகச் சோதித்துப் பார்த்த முறை. மதுரை அரவிந்த் மருத்துவமனைகள் 6 லட்சம் ஆபரேஷன்களை அலசி 2017-இல் வெளியிட்ட கணக்கில், கண்ணுக்குள் சீழ் பிடிப்பது பத்தாயிரத்துக்கு 7 என்று இருந்தது 2 ஆகக் குறைந்தது.

கலந்து போடும் மருந்தாக இருந்தால், யார் கலக்கிறார்கள், எங்கே கலக்கிறார்கள் என்று கூச்சப்படாமல் கேட்க வேண்டும். 2017-இல் அமெரிக்காவின் டல்லாஸ் நகரத்தில் ஒரே இடத்தில் கலந்த மருந்தால் குறைந்தது 43 பேருக்குப் பார்வை பாதிப்பு ஏற்பட்டது. வான்கோமைசின் என்ற கிருமிக்கொல்லி சேர்ந்த கலவையா என்பதையும் கேளுங்கள். அரிதாக அது விழித்திரை ரத்தக்குழாயை அடைத்துவிடும், ஆகவே வேண்டாம் என்று சொல்லிவிடலாம்.

யாருக்கு இந்த முறை சரிப்படாது என்பதை ஆஸ்பத்திரியில் ஆலோசனை சொல்லும் கவுன்சலரிடம் உட்காரும்போதே பேசிவிடுங்கள். குளுக்கோமா என்கிற கண் நீர் அழுத்தம் உள்ளவர்கள், கூடப் பிறந்தவர்களுக்கோ பெற்றோருக்கோ அது உள்ளவர்கள், முன்பு ஸ்டீராய்டு சொட்டு ஊற்றியபோது கண் பிரஷர் ஏறியவர்கள், கண்ணில் அக்கி வந்தவர்கள் எல்லாம் கட்டாயம் சொல்ல வேண்டும். சர்க்கரையால் விழித்திரை கெட்டிருந்தால் எப்படியும் வீக்கத்துக்கான சொட்டு தனியாக ஊற்ற வேண்டி வரும். ஆண்கள் பலர் சொல்ல மறந்துவிடுவது புராஸ்டேட்டுக்குச் சாப்பிடும் டாம்சுலோசின் மாத்திரை. அதைச் சாப்பிட்டவர்களுக்கு ஆபரேஷன் நேரத்தில் கருவிழித் திரை துணி மாதிரி தொளதொளவென்று ஆடும். மாத்திரையை நிறுத்திவிட்டுப் போனாலும் அந்த ஆட்டம் போகாது. முன்கூட்டித் தெரிந்தால் டாக்டர் அதற்குத் தயாராக இருப்பார். ரத்தம் உறையாமல் இருக்கச் சாப்பிடும் மாத்திரையை நாமாக நிறுத்தக் கூடாது, சீட்டைக் காட்டிக் கேட்க வேண்டும்.

பரிசோதனை நாளில் பார்ப்பது: ரத்த அழுத்தம், சர்க்கரை, கண் பிரஷர், கண்ணீர்ப் பாதை அடைத்திருக்கிறதா என்ற சோதனை, லென்ஸ் பவருக்கான அளவெடுப்பு, கண் பாப்பாவை விரித்து நரம்பு பார்ப்பது. அந்தக் கண் பிரஷர் எண்ணை ஒரு தாளில் எழுதி வாங்கிக்கொள்ளுங்கள். அம்மாவுக்கு 16. சாதாரணமாக 10 முதல் 21 வரை இருக்கலாம். பின்னால் ஒப்பிட்டுப் பார்க்க அந்த எண்தான் வேண்டும்.

தேதி குறிக்கும்போது மலைக்காரர்கள் யோசிக்க வேண்டியது வேறு. ஐப்பசி, கார்த்திகையில் மண் சரிந்து பாதை மூடும். ஏப்ரல், மே சீசனில் காட் ரோடு நெரிசலில் மாட்டிக்கொண்டால் எத்தனை மணி நேரம் ஆகும் என்று சொல்ல முடியாது. ஊட்டிக்கு ஏறுவது குன்னூர் வழி, இறங்குவது கோத்தகிரி வழி என்று அப்போது ஒருவழியாக மாற்றியும் விடுவார்கள். ஆபரேஷன் நாள், மறுநாள், ஒரு வாரம் கழித்து, நான்கு வாரம் கழித்து என்று நான்கு நாளும் பாதை திறந்திருக்கும் மாதமாகப் பாருங்கள். ஆபரேஷன் அன்று இரவு கோவையிலேயே தங்கி, மறுநாள் காலை பார்த்துவிட்டு ஏறுவதுதான் நல்லது. கொண்டை ஊசி வளைவில் வாந்தி எடுக்கிற உடம்பாக இருந்தால் மாத்திரை கேட்டு வாங்கி, கிளம்புவதற்கு முன்பே போட்டுக்கொள்ளுங்கள். ஓங்கரித்து வாந்தி எடுக்கும்போது புதுக் காயத்தில் அழுத்தம் ஏறும்.

கண் ஆபரேஷன் ஆனால் மலை ஏறக் கூடாது என்று ஊரில் ஒரு பேச்சு உண்டு. அது கண்புரைக்குச் சொன்னது அல்ல. விழித்திரை கழன்று, அதைச் சேர்க்க கண்ணுக்குள் கேஸ் நிரப்பியவர்களுக்குச் சொன்னது. மேலே ஏற ஏறக் காற்றழுத்தம் குறைந்து அந்த கேஸ் விரியும், பிரஷர் எகிறும், பார்வையே போகலாம். அவர்கள் டாக்டர் சொல்லும்வரை சமவெளியில்தான் இருக்க வேண்டும். கண்புரை ஆபரேஷனில் உள்ளே இருப்பது நீர். நீர் விரியாது. மலைப் பாதையில் ஏறும்போது காது அடைப்பதால் கண்ணிலும் ஏதோ ஆகிறது என்று பயப்பட வேண்டாம். உள்ளே காற்றோ கேஸோ விட்டீர்களா என்று மட்டும் டிஸ்சார்ஜ் சீட்டு வாங்கும்போது ஒரு வார்த்தை கேட்டுவிடுங்கள்.

ஆபரேஷன் அன்று சொட்டே கிடையாது என்று நினைத்துப் போக வேண்டாம். பாப்பா விரிய முன்னால் பல தடவை ஊற்றுவார்கள், கிருமி போக பொவிடோன் அயோடின் விட்டுக் கழுவுவார்கள், மரத்துப் போகவும் சொட்டுதான். சொட்டு இல்லாத கணக்கு அதற்குப் பிறகுதான் தொடங்குகிறது.

மறுநாள் கட்டு பிரித்தபின் கீழ் இமையை மெல்ல இறக்கிப் பார்த்தால், வெள்ளை விழியின் அடிப்பக்கத்தில் நொய்யரிசி மாதிரி ஒரு வெள்ளைத் திட்டு தெரிந்தது. சுற்றிலும் கொஞ்சம் ரத்தச் சிவப்பு. சீழ் என்று பதறிவிட்டோம். அதுதான் மருந்து. வாரக் கணக்கில் கொஞ்சம் கொஞ்சமாகச் சிறுக்கும். இந்த வழியில் ஒரு வசதியும் அதுதான்: பிரஷர் ஏறி மருந்துக்கு அடங்காமல் போனால், அந்தத் திட்டை வெட்டி எடுத்துவிட முடியும். கூழுக்குள் போட்ட மருந்தை அப்படி எடுப்பது லேசான காரியம் இல்லை.

கூழில் மருந்து போட்டவர்களுக்கு முதல் சில நாள் வேறு மாதிரி இருக்கும். மருந்தே பால் போல வெள்ளை என்பதால் கட்டு பிரித்ததும் பளிச்சென்று தெரியாது. மஞ்சு இறங்கிய பாதையில் நடப்பது போல மங்கலாக, புகை மிதப்பது போல இருக்கும். தலையை உயர்த்திப் படுத்தால் மருந்து அடியில் படிந்து சில நாளில் தெளியும். பக்கத்துப் படுக்கைக்காரருக்கு அன்றைக்கே தெளிவாகத் தெரிகிறதே என்று ஒப்பிட்டு மனம் ஒடிந்து போகிறவர்கள் உண்டு. முன்னாலேயே சொல்லி வைத்தால் அந்தக் கவலை இல்லை.

வீட்டில் ஒரு வாரம் இரவில் கண்மேல் மூடும் ஷீல்டு, பத்து நாள் தலைக்குத் தண்ணீர் ஊற்றாமல் இருப்பது, விறகு அடுப்புப் பக்கம் போகாமல் இருப்பது எல்லாம் பழைய முறைக்கு உள்ளதேதான். இலை மூட்டை ஒரு மாதத்துக்குத் தொடவே கூடாது. கொதிக்க வைத்து ஆறிய தண்ணீரில் சுத்தமான பஞ்சை நனைத்து, இமையை மட்டும் மூக்குப் பக்கத்திலிருந்து வெளிப்பக்கமாக ஒரே இழுப்பாகத் துடைக்க வேண்டும். ஊற்ற மருந்து இல்லையே என்று வீட்டுப் பெரியவர்கள் விளக்கெண்ணெய், தாய்ப்பால், நந்தியாவட்டைப் பூ என்று ஆரம்பிப்பார்கள். ஆறாத காயத்தில் இவற்றில் எதுவும் படக் கூடாது. குளிர்காற்றில் கண் உறுத்தினால் கண் ஈரத்துக்கான சொட்டு டாக்டரே தருவார். சிலருக்கு வைத்த மருந்து போதாமல் இரண்டாவது, மூன்றாவது வாரத்தில் சிவந்து வெளிச்சம் கூசும். அவர்களுக்கு ஸ்டீராய்டு சொட்டு சேர்த்துத் தர வேண்டி வரும். அதை ஆபரேஷன் தோற்றுவிட்டதாக எடுத்துக்கொள்ளாதீர்கள்.

முதல் வாரத்தில் வலி குறையாமல் ஏறினால், சிவப்பு கூடினால், தெரிந்த பார்வை திரும்ப மங்கினால், அன்றைக்கே இறங்க வேண்டும். செல்போனில் படம் எடுத்து அனுப்பிவிட்டுக் காத்திருப்பது ஆகாது. சீழ் பிடித்த கண்ணில் ஒரு ராத்திரி என்பது பெரிய நேரம். குஞ்சப்பனைப் பக்கம் பலாப்பழ சீசனில் யானை நிற்கும், ராத்திரி யாரும் வண்டி எடுக்கத் தயங்குவார்கள். எந்த நேரமும் வரச் சம்மதிக்கும் ஒரு டிரைவரிடம் முன்கூட்டியே பேசி வைத்துக்கொண்டோம்.

பெரும்பாலோர் தவறவிடுவது நான்காவது வாரப் பரிசோதனையைத்தான். கண் நன்றாகத் தெரிகிறது, வலி இல்லை, பாட்டிலும் இல்லை, எதற்கு இவ்வளவு தூரம் பஸ் ஏற வேண்டும் என்று தோன்றும். ஸ்டீராய்டால் பிரஷர் ஏறுவது பெரும்பாலும் இரண்டு வாரத்துக்கு மேல்தான். ஏறும்போது வலிக்காது, சிவக்காது, பார்வை நரம்பை மட்டும் அரித்துக்கொண்டிருக்கும். ஊரில் கண்ணாடிக் கடையில் பவர் பார்த்துக்கொள்வது இதற்கு ஈடாகாது. கருவி வைத்து அளக்கிற கண் டாக்டரிடமே போக வேண்டும். அம்மாவுக்கு நான்காவது வாரம் 19 இருந்தது. மூன்று எண் கூடியிருப்பதால் இரண்டு மாதம் முடியும்போது இன்னொரு தடவை வரச் சொன்னார்கள். அப்போது 15. கீழ் இமையை இறக்கிப் பார்த்தால் நொய்யரிசி இருந்த இடம் தெரியவில்லை. படிக்கிற கண்ணாடிக்கும் எழுதி வாங்கிக்கொண்டு மூன்றரை மணி பஸ்ஸில் ஏறினோம்.