ஈஆர் படம் பழக ஒரு நூலகம் போதும்

ஒரு டேட்டாபேஸில் எந்தெந்தப் பொருள்களின் தகவல் இருக்கும், அவற்றுக்குள் என்ன உறவு என்று பெட்டியும் கோடுமாகக் காட்டுவதுதான் ஈஆர் (என்டிட்டி-ரிலேஷன்ஷிப்) படம். டேட்டாபேஸ் வடிவமைப்பு பழக நூலகத்தைவிடப் பொருத்தமான களம் எனக்குத் தெரிந்து இல்லை. எல்லோருக்கும் தெரிந்த இடம். ஆனாலும் முதல் படத்தில் பெரும்பாலும் ‘புத்தகம்’ என்று ஒரே பெட்டியைத்தான் போடுகிறார்கள். அங்கேயே படம் கோணிவிடுகிறது.

அலமாரியில் ஒரே நாவல் 4 பிரதிகள் இருக்கின்றன. தலைப்பும் பதிப்பகமும் நாலுக்கும் பொது. ஆனால் வாசகர் எடுத்துப் போவது அதில் ஒன்றை. அட்டை கிழிந்ததும் ஒன்றுதான். ஆக நூல் ஒரு என்டிட்டி (படத்தில் தனிப் பெட்டி பெறும் பொருள்), பிரதி இன்னொரு என்டிட்டி. ஒரு நூலுக்குப் பல பிரதிகள். ஒவ்வொரு பிரதியும் ஒரே நூலுக்கு உரியது.

நூலுக்கு ஐஎஸ்பிஎன்னையே (புத்தகத்தில் அச்சாகும் சர்வதேசத் தர எண்) பிரைமரி கீயாக, அதாவது ஒவ்வொரு வரியையும் தனித்து அடையாளம் காட்டும் மதிப்பாக, வைக்கத் தோன்றும். வேண்டாம். பழைய நூல்கள் பலவற்றில் அது இருக்காது. 10 இலக்க ஐஎஸ்பிஎன்னில் கடைசி இடத்தில் ‘எக்ஸ்’ வரலாம் என்பதால் எண் வகையிலும் சேமிக்க முடியாது. தனியாக ஒரு நூல் எண் கொடுங்கள். ஐஎஸ்பிஎன் காலியாக இருக்க இடம் விட்டு, எழுத்து வகை நெடுவரிசையாக நிற்கட்டும்.

கோடு இழுக்கும் முன் ஒவ்வொரு உறவையும் இரு பக்கமிருந்தும் வாக்கியமாக எழுதிப் பாருங்கள். ‘ஓர் உறுப்பினர் பிரதி எதுவும் எடுக்காமல் இருக்கலாம், பலவும் எடுக்கலாம்.’ ‘ஒரு பிரதி யாரிடமும் போகாமல் இருக்கலாம், காலப்போக்கில் பலரிடம் போகலாம்.’ குறைந்தபட்சம், அதிகபட்சம் இரண்டும் வாக்கியத்திலேயே வந்துவிடும். காக்கைக்கால் குறியீட்டில் (கோட்டின் முனையில் வட்டம் என்றால் ‘இல்லாமலும் இருக்கலாம்’, காக்கைக்கால் போல் பிரிந்தால் ‘பல’) வட்டமும் காலும் எங்கே வரும் என்று பிறகு யோசிக்கவே வேண்டாம். 1976-இல் ஈஆர் மாதிரியை முன்வைத்த கணினி அறிஞர் பீட்டர் சென்னின் பெயரால் வழங்கும் பாணியில் (உறவுக்கு வைரக்கட்டம், பண்புக்கு நீள்வட்டம்) வரைந்தாலும் இதே வாக்கியங்கள்தான்.

இரு பக்கமும் ‘பல’ என்று வந்ததால் நடுவில் ‘இரவல்’ டேபிள் வேண்டும். உறுப்பினர் எண்ணையும் பிரதி எண்ணையும் சேர்த்து அதற்குக் கீ ஆக்குவது வழக்கமான தவறு. வரிகளை நிரப்பிப் பார்த்தால் தெரிந்துவிடும்: உறுப்பினர் 12, பிரதி 17, ஜனவரியில் ஒரு வரி. அதே ஆள் அதே பிரதியை ஜூனில் மறுபடி கேட்டால், அதே கீ மறுபடி வருவதால் இரண்டாவது வரியை டேட்டாபேஸ் ஏற்காது. அதனால் இரவலுக்குத் தனி எண், எடுத்த நாள், திருப்ப வேண்டிய நாள், திருப்பிய நாள். திருப்பிய நாள் காலியாக இருந்தால் பிரதி இன்னும் வெளியே.

ஒரே பிரதி ஒரே நேரத்தில் இருவரிடம் இருக்கக் கூடாது என்பதை ஈஆர் படம் சொல்லாது. போஸ்ட்கிரஸ் என்ற டேட்டாபேஸ் மென்பொருளில், திருப்பிய நாள் காலியாக உள்ள வரிகளுக்கு மட்டும் பிரதி எண்ணின் மேல் யூனிக் இண்டெக்ஸ் (ஒரே மதிப்பு இருமுறை வராமல் தடுப்பது) போடலாம். படத்தின் ஓரத்தில் இதைக் குறித்து வையுங்கள்.

கடைசியாக முன்பதிவைச் சேருங்கள். அதன் கோடு பிரதிக்குப் போகக் கூடாது, நூலுக்குத்தான். காத்திருப்பவருக்கு எந்தப் பிரதி முதலில் திரும்பி வந்தாலும் சரிதானே.