அப்புறம் சொல்லலாம்

"அத அப்புறம் சொல்லலாம். இப்ப ஒப்புக்கறீங்களா இல்லையா, அத மட்டும் சொல்லுங்க."

இது நான் சொன்னது. மாஜிஸ்திரேட் கேட்டதும் இல்லை, அரசுத் தரப்பு வழக்கறிஞரான டிபிபி கேட்டதும் இல்லை. அடுத்தவர் பேச்சை மொழிபெயர்க்க நிற்கிற நான், என் சொந்தப் பேச்சாகச் சொன்னது. கூண்டில் நின்றவர் "சரிங்கம்மா" என்றார். நான் மேடைப் பக்கம் திரும்பி, "மெங்காக்கு சாலா, புவான்" என்றேன். குற்றத்தை ஒப்புக்கொள்கிறார். எல்லாம் சேர்த்துப் பத்து விநாடிகூட இருக்காது.

பல வருஷமாகிவிட்டது. பினாங்கில் எந்தக் கோர்ட் என்பது இங்கே வேண்டாம். அன்று வெள்ளிக்கிழமை. பன்னிரண்டே காலுக்குத் தொழுகைக்கு இடைவேளை விட வேண்டும். மேசையில் நாற்பதுக்கு மேல் ஃபைல். எங்கள் வேலை வாயால் மட்டும் செய்கிற வேலை இல்லை என்று தெரிந்தவர்களுக்குத் தெரியும். ஃபைலை அடுக்குவது, பெயர் கூப்பிடுவது, குற்றச்சாட்டைப் படிப்பது, சாட்சிக்குச் சத்தியம் செய்துவைப்பது, தடயப் பொருளுக்கு எண் போடுவது எல்லாம் நாங்கள்தான். இதைச் சமாதானமாகச் சொல்கிறேனா என்று என்னையே கேட்டுக்கொள்கிறேன். சமாதானம்தான்.

379-ஆவது பிரிவு, திருட்டு. கார் கழுவும் கடையில் வேலை பார்த்தவர், ஐம்பது வயதுக்கு மேல். கடையிலிருந்த வாட்டர் ஜெட் மெஷினை வீட்டுக்குக் கொண்டுபோய்விட்டார். குற்றச்சாட்டைத் தமிழில் சொல்லி முடித்ததும் அவர் சொன்னது இதுதான்: "எடுத்தேம்மா. தவுக்கே ரெண்டு மாசச் சம்பளம் குடுக்கல. அதுக்குத்தான் எடுத்தேன். குடுத்தா திருப்பிக் குடுத்துடலாம்னு..."

அங்கேதான் நான் குறுக்கிட்டேன்.

எனக்கு அது பழகிய பேச்சு. தினமும் யாராவது ஒருவர் குற்றச்சாட்டைக் கேட்டதும் குடும்பக் கதையை ஆரம்பிப்பார். பிள்ளைக்குக் காய்ச்சல், மாமியாருக்கு டயாலிசிஸ், இரண்டு மாதம் வாடகை பாக்கி. அதற்கெல்லாம் ஒரு இடம் இருக்கிறது: ஒப்புக்கொண்ட பிறகு தண்டனையைக் குறைக்கச் சொல்லிக் கேட்கிற இடம். அதுவரை பொறுங்கள் என்று சொல்வதை நான் உதவி என்றே நினைத்திருந்தேன். தப்பான நேரத்தில் பேசி மாஜிஸ்திரேட்டிடம் திட்டு வாங்கிவிடக் கூடாதே என்று.

ஆனால் அவர் சொன்னது குடும்பக் கதை இல்லை. எடுத்ததெல்லாம் திருட்டாகிவிடாது. மற்றவருக்குச் சேர வேண்டியதை நாணயமில்லாமல் அடைகிற நோக்கம் இருக்க வேண்டும். தனக்கு வர வேண்டிய காசுக்கு ஈடாகத்தான் எடுத்தேன் என்று ஒருவர் சொன்னால் அந்த நோக்கம் இருந்ததா என்ற கேள்வி எழுகிறது. அந்த வாதம் நிற்குமா, விழுமா என்பதை விசாரணையில்தான் பார்க்க வேண்டும். குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 173-ஆவது பிரிவும் அதற்குத்தான் நிபந்தனை போட்டு வைத்திருக்கிறது. ஒப்புக்கொள்வதன் தன்மையும் விளைவும் அவருக்குப் புரிகிறது, எந்த 'ஆனால்' என்பதும் இல்லாமல் ஒப்புக்கொள்கிறார் என்று கோர்ட் உறுதி செய்துகொண்ட பிறகுதான் அதைப் பதிய வேண்டும். அவரிடம் ஒரு 'ஆனால்' இருந்தது. அதை அப்புறம் சொல்லலாம் என்று நான் எடுத்து ஓரமாக வைத்துவிட்டேன்.

அந்த 'சரிங்கம்மா'வைத்தான் இத்தனை வருஷமாகத் திருப்பித் திருப்பிக் கேட்டுக்கொண்டிருக்கிறேன். எதற்குச் சரி? குற்றத்துக்கா, அப்புறம் சொல்வதற்கா? நம் ஊரில் வயதான ஒருவர் கோர்ட் கூண்டில் நின்று 'சரிங்கம்மா' என்றால், பெரும்பாலும் 'நீங்கள் சொல்வது காதில் விழுந்தது' என்றுதான் பொருள். இது தெரியாத ஆள் இல்லை நான். தோட்டத்தில் பிறந்து வளர்ந்தவள். என் அப்பா கிராணியிடம் ஆயிரம் 'சரிங்க' சொல்லிக் கேட்டிருக்கிறேன்.

மாஜிஸ்திரேட் முறைப்படிதான் செய்தார். என்னைவிட வயதில் சின்னவர், நல்ல மாதிரி. தன்மையும் விளைவும் புரிகிறதா என்று கேட்டார், நான் தமிழில் கேட்டேன், "புரியுதும்மா" என்றார். வழக்கின் விவரத்தைப் படித்தார்கள். அதில் சம்பளம் பற்றி ஒரு வார்த்தையும் கிடையாது. சரியா என்று கேட்டதற்குத் தலையாட்டினார். எடுத்தது உண்மைதானே. அதற்கப்புறம் அவருடைய 'அப்புறம்' வந்தது. சம்பளக் கதையை முழுசாகச் சொன்னார், நானும் ஒரு சொல் விடாமல் மலாயில் சொன்னேன். மாஜிஸ்திரேட்டின் பேனா ஒரு கணம் நின்றது. "காஜி தாக் பாயார்?" என்று என்னைப் பார்த்துக் கேட்டார். சம்பளம் கொடுக்கவில்லையா? ஆமாம் என்றேன். மறுபடி எழுத ஆரம்பித்தார்.

பேனா நின்ற அந்த இடத்தில் அவர் ஒப்புதலைத் தள்ளிவைத்து வழக்கை விசாரணைக்குப் போட்டிருக்கலாம். தண்டனையைக் குறைக்கக் கேட்கும்போது சொல்வது ஒப்புதலோடு முரண்பட்டால் அப்படித்தான் செய்ய வேண்டும் என்று மேல் நீதிமன்றங்கள் பல முறை சொல்லியிருக்கின்றன. சட்டம் படித்தவர் அவர். நான் எஸ்டிபிஎம், பள்ளிப் பரீட்சையோடு சரி. மனசு கனக்கிற நாளில் இதை நினைத்துக்கொள்வேன். கொஞ்ச நேரத்துக்குத்தான் தாங்கும். அவர் கையிலிருந்த தாளில் அதற்கு முன்பே ஒப்புதல் பதிவாகியிருந்தது. அதைப் பதியவைத்தது என் வாய்.

பத்து மாதம் சிறை.

நான் வேலைக்குச் சேர்ந்தபோது எனக்குத் தொழில் கற்றுக்கொடுத்த மூத்தவர் ஒருவர் இருந்தார். சிவில் வழக்குகள் லண்டன் பிரிவி கவுன்சில் வரைக்கும் போன காலத்தில், அதாவது 1985-க்கு முன்னாலேயே, வேலை பார்த்தவர். "மேல போகப் போக ஆளோட முகம் போகாதும்மா, தாள்தான் போகும். அந்தத் தாள்ல இருக்கறது அவன் பேச்சில்ல, உன் பேச்சு" என்பார். அப்போது பெருமையாக இருந்தது. என் மொழிபெயர்ப்பு கடல் தாண்டிப் போகும் என்பது போல. இன்று உயர் நீதிமன்றம், 1994-இல் வந்த மேல்முறையீட்டு நீதிமன்றம், அதற்கு மேல் கூட்டரசு நீதிமன்றம் என்று புத்ராஜெயாவோடு படி முடிந்துவிடுகிறது. தாள் மட்டும் அதே தாள்தான்.

சாட்சியை நேரில் பார்த்தது கீழ்க் கோர்ட்தான், அவர்கள் கண்டதை லேசில் மாற்ற மாட்டோம் என்று மேலே இருக்கும் நீதிபதிகள் தீர்ப்புக்குத் தீர்ப்பு எழுதுவார்கள். நியாயமான பேச்சு. ஆனால் கூண்டில் நிற்பவர் தமிழில் பேசும்போது மாஜிஸ்திரேட் பார்ப்பது அவர் முகத்தை, கேட்பது என் குரலை. இந்த இரண்டுக்கும் நடுவில் இருக்கிற இடைவெளியைப் பற்றி யாரும் என்னிடம் கேட்டதில்லை.

இல்லை, ஒருவர் கேட்டார்.

அந்த மனிதரின் மகள் எப்படியோ ஒரு லாயர் தம்பியைப் பிடித்திருந்தாள். தொழிலுக்குப் புதியவர். பதினான்கு நாளைக்குள் மேல்முறையீடு போட்டுவிட்டார். ஆனால் ஒப்புக்கொண்டு தண்டனை வாங்கியவர், 305-ஆவது பிரிவின்படி, தண்டனையைப் பற்றித்தான் முறையிடலாம். தீர்ப்பைப் பற்றி முடியாது. மிச்சமிருந்த ஒரே கதவு, கீழ்க் கோர்ட் ஃபைலை உயர் நீதிமன்ற நீதிபதி வரவழைத்து, நடந்தது முறைதானா என்று தானே பார்க்கிற சீராய்வு அதிகாரம். பெரிய அதிகாரம் அது, யாரும் கேட்காமலேகூடச் செய்யலாம். ஆனால் பார்ப்பதற்கு ஏதாவது இருக்க வேண்டுமே.

கேன்டீனில் என் எதிரே வந்து உட்கார்ந்தார். எனக்கும் சேர்த்துத் தே ஓ சொல்லியிருந்தார்.

"அக்கா, அன்னைக்கு அவர் மொதல்ல என்ன சொன்னாருன்னு ஞாபகம் இருக்கா?"

"நோட்ஸ்ல என்ன இருக்கோ அதுதான் தம்பி."

"நோட்ஸ் படிச்சிட்டேன்க்கா. அவர் வாயால சொன்னது?"

"ஒரு நாளைக்கு நாப்பது பேரு. எப்படி ஞாபகம் இருக்கும்?"

ஞாபகம் இருந்தது. 'தவுக்கே' என்று சொன்னபோது அவர் குரல் தாழ்ந்தது வரை இருந்தது. சத்தியப் பத்திரம் ஒன்று எழுதிக் கொடுத்திருந்தால் போதும். கொடுத்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்பதும் தெரியும்: விளக்கம் கேட்டுக் கடிதம், மாற்றல், அப்புறம் இதுவரைக்கும் நான் மொழிபெயர்த்த ஒவ்வொரு ஒப்புதலுக்கும் ஒரு கேள்விக்குறி. அப்போது பிள்ளைகள் இரண்டும் சின்னது. அவர் தேத்தண்ணியைப் பாதியில் வைத்துவிட்டு, எனக்கும் காசு கட்டிவிட்டுப் போனார்.

உயர் நீதிமன்றத்தில் விசாரணைக்கு வந்த நாள் அரைநாள் விடுப்புப் போட்டேன், பல் டாக்டர் என்று சொல்லி. லெபு லைட்டில், லோகன் நினைவுச் சின்னத்துக்குப் பக்கத்தில் கொஞ்ச நேரம் நின்றுவிட்டுத்தான் உள்ளே போனேன். 1869-இல் செத்துப்போன ஒரு லாயருக்கு ஊர் வைத்த சின்னம். மொழிபெயர்ப்பாளருக்கு எங்கேயாவது வைத்திருக்கிறார்களா என்று நினைத்தேன். அந்த நேரத்திலும் இப்படித்தான் ஓடுகிறது புத்தி.

கடைசி வரிசையில் உட்கார்ந்தேன். நீதிபதி அவசரப்படவில்லை. தாளைத் திருப்பினார், மறுபடி பின்னுக்குத் திருப்பினார். பிறகு டிபிபியைக் கேட்டார்: இந்தச் சம்பள விஷயம் ஏன் ஒப்புக்கொண்ட பிறகுதான் வருகிறது? என் கை சில்லென்று ஆனது. "அது தண்டனையைக் குறைக்கச் சொன்னது மட்டும்தான், யாங் அரிஃப்" என்றார் டிபிபி. லாயர் தம்பி எழுந்து முரண்பாட்டைப் பற்றி நன்றாகத்தான் பேசினார். நீதிபதி கேட்டுக்கொண்டார். ஆனால் தாளில் ஒப்புதல் நிபந்தனை இல்லாமல் இருந்தது, தன்மையும் விளைவும் புரிந்ததாக இருந்தது, மொழிபெயர்ப்பாளர் இருந்ததாகவும் இருந்தது. தீர்ப்பைத் தொடவில்லை. தண்டனையை, அதுவரை உள்ளே இருந்த ஐந்து மாதமாகக் குறைத்து அன்றைக்கே வெளியே விட்டார். எனக்கும் அந்த மேடைக்கும் நடுவில் ஆறேழு வரிசை. எழுந்து நின்று ஒரு வாக்கியம் பேச உரிமை இல்லாத இடத்தில் இருந்தேன். உரிமை இருந்த இடம் கேன்டீன்.

இதில் இன்னொரு பக்கமும் உண்டு, அதையும் சொல்லிவிடுகிறேன். நான் அன்று எல்லாவற்றையும் சொல்லியிருந்தால் ஒப்புதலை ஏற்காமல் வழக்கு விசாரணைக்குப் போயிருக்கும். ஜாமீன் கட்ட அவரிடம் காசு இல்லை. தேதி கிடைத்து, சாட்சி வந்து, ஒத்திவைத்து, முடிகிறவரை ரிமாண்டில் இருந்திருப்பார். ஐந்து மாதத்தில் முடிந்திருக்குமா? எங்கள் கோர்ட் நாட்காட்டியைப் பார்த்த யாரும் ஆமாம் என்று சொல்ல மாட்டார்கள். அப்படியானால் நான் அவருக்கு நல்லதுதான் செய்தேனா? இந்தக் கணக்கைப் பல தடவை போட்டிருக்கிறேன். ஒவ்வொரு தடவையும் எனக்குச் சாதகமாகவே வருகிறது, அதனாலேயே அதில் நம்பிக்கை இல்லை.

2018 ஜனவரியில், மலேசியாவில் இந்திரா காந்தி என்ற தாய் தொடுத்த வழக்கின் தீர்ப்பு வந்தபோது வீட்டில் எல்லோரும் டிவி முன்னால் இருந்தோம். 2009-இல் மூன்று பிள்ளைகளின் மதத்தைத் தகப்பன் தனியாக மாற்றியதில் தொடங்கியது. கூட்டரசு நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் ஒருமனதாக அந்த மாற்றத்தைச் செல்லாது என்றார்கள். எல்லோரும் அந்தத் தாயைப் பற்றிப் பேசினார்கள். நான் தீர்ப்பில் ஒரே ஒரு இடத்தைத் திரும்பத் திரும்பப் படித்தேன். அரசியலமைப்பின் 12(4)-ஆவது பிரிவில் ஆங்கிலத்தில் ஒருமையில் இருக்கும் ஒரு சொல், 'parent'. மலாய் மொழிபெயர்ப்பில் அது 'தாய் அல்லது தந்தை' என்று ஆகியிருந்தது. 'அல்லது' என்றால் ஒருவர் சம்மதித்தாலே போதும். அந்த மொழிபெயர்ப்பைப் பிடித்துக்கொண்டு நிற்க முடியாது, இரண்டு பேர் சம்மதமும் வேண்டும் என்றார்கள். நாட்டின் மிக உயர்ந்த நீதிபதிகள் உட்கார்ந்து ஒரு மொழிபெயர்ப்பாளரின் சொல்லைப் பிரித்துப் பார்த்ததை அன்றுதான் கண்டேன். அவர்களால் முடிந்தது, ஏனென்றால் மூலம் பக்கத்திலேயே இருந்தது. என் ஃபைலில் மூலம் கிடையாது. அது காற்றோடு போய்விட்டது, என் தலையில் ஒரு பிரதி மட்டும் இருந்தது. கேட்டவரிடம் அதையும் இல்லை என்று சொல்லிவிட்டேன்.

விடுதலையாகி இரண்டு வருஷம் கழித்து அவர் கவுன்டருக்கு வந்தார். செக்யூரிட்டி வேலைக்கு மனுப் போட்டாராம், போலீஸ் ரெக்கார்டு இருக்கிறது என்று தள்ளிவிட்டார்களாம். என்னை அடையாளம் தெரிந்தது. "அம்மா, பெரிய கோர்ட்லதான் விட்டுட்டாங்களே, கேஸு இன்னும் இருக்கா?"

தண்டனைதான் குறைந்தது, குற்றவாளி என்ற தீர்ப்பு அப்படியே இருக்கிறது என்று விளக்கினேன். மாஜிஸ்திரேட் கோர்ட்டில் தொடங்கிய வழக்கு அதற்கு மேல் போக வேண்டுமென்றால் மேல்முறையீட்டு நீதிமன்றத்தின் அனுமதி வேண்டும், அதுவும் சட்டக் கேள்விக்கு மட்டும்தான், அதற்கான நாளும் போய்விட்டது என்றேன். ரொம்ப நேரம் பேசாமல் நின்றார். பிறகு, "அப்பவே சம்பளத்தப் பத்திச் சொன்னேனே. அவங்க பாக்கலியா?" என்றார்.

"சொன்னீங்க. எழுதியிருக்கு."

ஃபைலை எடுத்து வந்து அந்தப் பக்கத்தைத் திருப்பிக் காட்டினேன். நின்று மறுபடி ஓடிய அந்தப் பேனாவின் கையெழுத்து. வரிக்குக் கீழே விரலை வைத்தேன். அவர் கண்ணாடியைச் சட்டைப் பையிலிருந்து எடுத்துப் போட்டுக்கொண்டு, "காஜி... டுவா... புலான்..." என்று எழுத்துக்கூட்டிப் படித்தார்.

"ஆமா, இதத்தான் சொன்னேன்" என்றார்.