அகத்தி ஓடுபாதையைச் சுற்றியுள்ள கடல்

குமரி மாவட்டத்தில் விமான நிலையம் கிடையாது. விமானம் ஏற வேண்டுமென்றால் நாங்கள் திருவனந்தபுரத்துக்குத்தான் போக வேண்டும். ஆனால் தூத்தூரில் எங்கள் வீட்டு மாடியறையில், கணினியில் விமானம் ஓட்டிப் பழகும் எக்ஸ்-பிளேன் 12 சிமுலேட்டரில், லட்சத்தீவின் அகத்தியில் ஏடிஆர் 72 விமானத்தை இறக்கிப் பழகுவது பல மாதங்களாக என் ஞாயிற்றுக்கிழமை வழக்கம். அந்தத் தீவுக்கான சீனரியையும், அதாவது திரையில் தெரியும் நிலம், நீர், கட்டடங்களின் காட்சியையும், நானே உருவாக்கி வருகிறேன்.

திருவனந்தபுரத்தின் ஓடுபாதை ஏறத்தாழ 3,400 மீட்டர் நீளமுடையது. அகத்தியில் சுமார் 1,200 மீட்டர்தான். தீவின் தென்முனையில், நிலம் ஒடுங்கும் இடத்தில், இருபுறமும் கடல் நெருங்கி நிற்க அது கிடக்கிறது. இத்தகைய இடத்தில் முனையக் கட்டடத்தின் ஜன்னல்களை அழகுபடுத்துவதைவிட நீரைச் சரியாகக் காட்டுவதே முதல் வேலை என்பது என் உறுதியான கருத்து. திறந்த கடலின் மேல் தாழ்ந்து வரும்போது உயரத்தை மதிப்பிட மரமோ வீடோ இருக்காது. கரையின் விளிம்பும், ஆழம் குறையக் குறைய வெளிறும் நீரின் நிறமும்தான் கண்ணுக்குப் பிடிமானம்.

ஆர்த்தோ4எக்ஸ்பி கருவியைக் கொண்டு செயற்கைக்கோள் படத்தை விரித்தால் பாதி வேலை முடிந்தது போலத் தோன்றும். ஆனால் வெவ்வேறு நாட்களில் எடுத்த படங்கள் சேரும் இடத்தில், தீவை ஒட்டிய ஆழமற்ற நீர்ப்பரப்பான லகூனின் குறுக்கே கத்தியால் கீறியது போல ஒரு கோடு விழுந்திருந்தது. அதைக் கரைக்கவும், நிலம் எங்கே முடிந்து நீர் எங்கே தொடங்குகிறது என்று சொல்லும் மாஸ்க்கை ஓடுபாதையோரம் திருத்தவும் எனக்கு மூன்று வாரங்கள் பிடித்தன.

மேலிருந்து எடுத்த படத்தால் காட்டவே முடியாதவையும் உண்டு. போர்ச்சுகலின் மதேயராத் தீவின் ஃபுன்ஷால் விமான நிலையத்தில், 2000ஆம் ஆண்டு ஓடுபாதையை 2,781 மீட்டராக நீட்டியபோது ஒரு பகுதியை 180 தூண்களின் மேல் கட்டினார்கள். சிமுலேட்டரின் நிலப்பரப்பு வலை ஓர் இடத்துக்கு ஓர் உயரத்தை மட்டுமே அறியும் என்பதால், தூண்களைத் தனியாக வடித்து நிறுத்தாவிட்டால் அந்த இடம் வெறும் மண்மேடாகிவிடும்.

அகத்தியில் நான் கோட்டைவிட்டதைக் காட்டியவர் என் தாய்மாமா. ஆழ்கடல் தொழிலுக்காகப் பல ஆண்டுகள் லட்சத்தீவுக் கடலில் கிடந்தவர். ஒரு மாலை என் பின்னால் வந்து நின்று, தீவின் மேற்குப் பக்கத்தைத் திரையில் விரலால் தடவினார்.

“மக்கா, கச்சான் நேரத்துல இந்தப் பாறைமேல வெள்ளையா அடிச்சிட்டே கெடக்குமே. அதப் பாத்துதான் நாங்க ஒதுங்குவோம். இதுல அத எங்க?”

கச்சான் என்னும் மேல்காற்று வீசும் காலத்தில், லகூனுக்கு அரணாக நிற்கும் பவளப்பாறையின் வெளிவிளிம்பில் அலை உடையும் அந்த வெள்ளைக் கோடு என் சீனரியில் இல்லவே இல்லை. இப்போது அந்த நுரைப் பட்டையைத் தனிப் படலமாக வரைந்து, பாறையின் வளைவை ஒட்டித் துண்டுதுண்டாகப் பதித்து வருகிறேன். ஜூன் முதல் தேதி மேற்குக் கடற்கரையில் மீன்பிடித் தடை தொடங்கும்போது மாமா கரைக்கு வந்துவிடுவார்; அவரைப் பக்கத்தில் உட்காரவைத்து, தென்மேற்கிலிருந்து ஒருமுறை இறக்கிக் காட்ட வேண்டும்.