அசலுக்கு 209 ரூபாய்

2023 ஏப்ரல் 6, வியாழன்

மதியச் செய்தியில் ரிசர்வ் வங்கி இந்த முறை ரெப்போ வட்டியை (வங்கிகளுக்கு அது கடன் கொடுக்கிற வட்டி) ஏற்றவில்லை, 6.50-லேயே நிறுத்திவிட்டது என்றார்கள். "அப்பாடா, இனி நமக்கு ஏறாது" என்றார் என் வீட்டுக்காரர். எனக்கும் நிம்மதியாகத்தான் இருந்தது. நேற்றுதான் வீட்டுக் கடன் தவணை போயிருந்தது. வழக்கம்போல 22,811.

ராத்திரி பாத்திரமெல்லாம் கழுவிப் போட்டுவிட்டு, என்ன தோன்றியதோ, வங்கி ஆப்பைத் திறந்து கடன் ஸ்டேட்மென்ட்டை இறக்கினேன். கடன் வாங்கி ஒன்றரை வருஷம் ஆகிறது. இதுவரை ஒரு தடவைகூட அதைப் பார்த்ததில்லை. பணம் போயிற்றா என்று மட்டும் பார்ப்பேன். கடைசி வரி இப்படி இருந்தது: தவணை 22,811, வட்டி 22,602, அசல் 209.

ஏதோ ஒரு எண் விடுபட்டுவிட்டது என்றுதான் முதலில் நினைத்தேன். மேலே தள்ளிக்கொண்டே போனேன். 2021 நவம்பர், முதல் தவணை: வட்டி 16,875, அசல் 5,936. அங்கிருந்து வட்டி ஏற ஏற அசல் சுருங்கிக்கொண்டே வந்திருக்கிறது. 18 தவணையில் 4,10,598 ரூபாய் கட்டியிருக்கிறோம். 30 லட்சத்தில் குறைந்திருப்பது 68,026. அவரை எழுப்பிக் காட்டலாமா என்று பார்த்தேன். நல்ல தூக்கத்தில் இருந்தார்.

ஏப்ரல் 8, சனி

நேற்று புனித வெள்ளி, இன்று இரண்டாம் சனி. வங்கி இல்லை. ரெண்டு நாளும் நோட்டும் கால்குலேட்டருமாக உட்கார்ந்திருந்தேன்.

கடன் வாங்கும்போது ரெப்போ 4 சதவீதம். அதற்கு மேல் வங்கி வைத்தது 2.75. ஆக 6.75. "இவ்வளவு குறைஞ்ச வட்டி இனி கிடைக்காது மேடம்" என்றார்கள், அதுவும் உண்மைதான். ஆனால் அந்த 4 நிலையானது இல்லை என்பதை யாரும் அழுத்திச் சொல்லவில்லை. 2022 மே 4-ல் 4.40, ஜூனில் 4.90, ஆகஸ்டில் 5.40, செப்டம்பரில் 5.90, டிசம்பரில் 6.25, இந்தப் பிப்ரவரியில் 6.50. பத்து மாதத்துக்குள் இரண்டரை சதவீதம் ஏறிவிட்டது. மூன்று மாதத்துக்கு ஒரு தடவை வங்கி அதை எங்கள் கணக்கில் ஏற்றியிருக்கிறது. இப்போது எங்கள் வட்டி 9.25.

தவணை மட்டும் ஒரு ரூபாய்கூட மாறவில்லை. அதனால்தான் எங்களுக்கு எதுவுமே உறைக்கவில்லை. வட்டி ஏறின அத்தனை பாரமும் கட்ட வேண்டிய மாதங்களின் எண்ணிக்கையில் போய் உட்கார்ந்துகொண்டது. "உங்கள் வட்டி விகிதம் திருத்தப்பட்டது" என்று நாலு குறுஞ்செய்தி வந்திருக்கிறது. எத்தனை மாதம் கூடியது என்று அதில் ஒரு வார்த்தை கிடையாது.

அப்பாவின் தண்டல் அட்டை ஞாபகம் வந்தது. கீழமாரட் வீதியில் வெங்காயக் கடை போட்டிருந்தபோது தண்டல் வாங்குவார். 10,000 எழுதி 8,500 கையில் கொடுப்பார்கள். தினம் நூறு ரூபாய், நூறு நாள். மடித்த அட்டையில் நூறு கட்டம் இருக்கும். சாயங்காலம் சைக்கிளில் வருகிறவர் ஒரு கட்டத்தில் கையெழுத்துப் போட்டுவிட்டுப் போவார். அது கொடுமையான வட்டி, சந்தேகமே இல்லை. அந்த 1,500-க்காக அம்மா எத்தனை நாள் வயிற்றைக் கட்டினாள் என்று எனக்குத் தெரியும். ஆனாலும் இன்னும் எத்தனை கட்டம் பாக்கி என்று அப்பாவுக்குத் தெரிந்தது. அட்டையைச் சட்டைப் பையிலேயே வைத்திருப்பார்.

ஏப்ரல் 10, திங்கள்

லேபில் ரெண்டு மணி நேரம் பர்மிஷன் போட்டுவிட்டு வங்கிக்குப் போனேன். கடன் பிரிவில் இருந்த தம்பி மரியாதையாகத்தான் பேசினார். கணினியில் எங்கள் எண்ணை அடித்துப் பார்த்தவர் ஒரு நிமிடம் பேசவில்லை. திரையை என் பக்கம் திருப்பச் சொன்னேன்.

மீதித் தவணை: 610.

பன்னிரண்டால் வகுத்தேன். ஐம்பது வருஷம் பத்து மாதம். என் மகளுக்கு இப்போது 7 வயது. அவளுக்கு 57 முடிகிற வரைக்கும். 20 வருஷக் கடன் என்றுதான் கையெழுத்துப் போட்டோம்.

"இது சிஸ்டம் போடற கணக்கு மேடம், இப்படியே விடமாட்டாங்க. தவணையை ஏத்தித்தான் ஆகணும்" என்று இரண்டு வழி சொன்னார். முதல் தேதியின்படி 2041 அக்டோபரில் முடிய வேண்டுமானால் 222 மாதம், தவணை 27,623. அல்லது மொத்தக் காலத்தை 30 வருஷமாக ஆக்கிக்கொண்டால் 342 மாதம், தவணை 24,363. "ரெண்டாவதைப் போட்டுக்குங்க மேடம், கஷ்டம் தெரியாது."

"ரெண்டுக்கும் மொத்தம் எவ்வளவு கட்டுவோம்னு சொல்லுங்க தம்பி" என்றேன். யாரும் அதைக் கேட்பதில்லை என்றார். கேட்டதற்காக அவரே போட்டுக் காட்டினார். 222 மாதத்துக்கு 61,32,306. 342 மாதத்துக்கு 83,32,146. மாதம் 3,260 ரூபாய் குறைவாகக் கட்டுவதற்கு விலை 21,99,840 ரூபாய்.

வெளியே வந்து வண்டியை எடுக்காமல் கொஞ்ச நேரம் நின்றேன். இவ்வளவு நாளாக நாங்கள் கேட்டது ஒரே கேள்வி: மாதம் எவ்வளவு? வீடு பார்க்கப் போன இடத்தில், வங்கியில், உறவுக்காரர்களிடத்தில், எல்லா இடத்திலும் அது ஒன்றுதான். எத்தனை மாதம் என்று நான் கேட்கவில்லை. கடனின் விலை அந்த இரண்டாவது எண்ணில்தான் இருக்கிறது.

ஏப்ரல் 11, செவ்வாய்

ராத்திரி ஒரு மணி வரை பேச்சு. அவர் சொல்வதும் நியாயம்தான். செல்போன் சர்வீஸ் கடை, ஒரு மாதம் ஓடும், ஒரு மாதம் படுக்கும். "27,000 கட்டிட்டு நடுவுல ஒரு தவணை தவறினா, அப்ப என்ன பண்ணுவே?" என் சம்பளம் 31,000. அதிலிருந்து தவணை போனால் வீட்டுச் செலவு முழுக்க அவர் கடை வருமானத்தில்தான்.

அத்தை படுத்துக்கொண்டே கேட்டுக்கொண்டிருந்தார். "முடியுற வரைக்கும் அதிகமாக் கட்டுங்கப்பா. முடியாதப்ப போய்க் கேட்டுக்கலாம்" என்றார். 27,623 என்று முடிவு செய்தோம். எனக்குப் பயம் போகவில்லை.

ஏப்ரல் 14, வெள்ளி

வருஷப் பிறப்பு. வேப்பம்பூப் பச்சடி, வடை. என் தம்பி கோயம்புத்தூரிலிருந்து பேசினான். விஷயத்தைச் சொன்னதும், "அக்கா, எதுக்கு இவ்வளவு பதட்டம்? விலைவாசி ஏறிக்கிட்டே போகுது. இருபது வருஷம் கழிச்சு இந்த 27,000 ஒரு காசே இல்ல. வரிச் சலுகையும் இருக்கு. கையில இருக்கற காசை ஃபண்டுல போடு" என்றான்.

அவன் சொல்வதில் பாதி சரி. 2041-ல் கட்டப்போகும் 27,623-ஐ இன்றைய 27,623-ஆக நினைக்கக்கூடாது. அப்படிப் பார்த்தால் 61 லட்சம் என்பது கேட்கிற அளவுக்குப் பெரிய தொகை இல்லை. ஒப்புக்கொள்கிறேன். ஆனால் என் சம்பளம் விலைவாசியோடு சேர்ந்து ஏறும் என்று யார் எனக்கு எழுதிக் கொடுத்திருக்கிறார்கள்? தனியார் லேப். நாலு வருஷத்தில் கூடினது 4,000.

வரிச் சலுகை அவனுக்குப் பொருந்தும். வருமான வரியின் பழைய முறையில் வருஷம் 2 லட்சம் வரை வட்டியைக் கழித்துக்கொள்ளலாம். என் வருமானம் 5 லட்சத்துக்குக் கீழே, எனக்கு முன்பும் வரி இல்லை, இப்போதும் இல்லை. கழிக்க என்ன இருக்கிறது? கடன் விற்கும்போது இந்தச் சலுகையை எங்களிடமும் சொன்னார்கள். போன நிதியாண்டில் கட்டிய வட்டி 2,35,930. சான்றிதழ் வந்து பீரோவில் கிடக்கிறது. ஒரு ரூபாய் பிரயோசனம் இல்லை. ஃபண்டு என்ன தரும் என்று அவனாலும் சொல்ல முடியவில்லை. கடனில் அடைத்தால் 9.25 எனக்கு நிச்சயம்.

ஏப்ரல் 23, ஞாயிறு

வீட்டுக்கு என்று இதுவரை போனதையெல்லாம் ஒரு பக்கத்தில் எழுதினேன். வீட்டு விலை 38 லட்சம். முத்திரைத் தீர்வை 7, பதிவுக் கட்டணம் 4, சேர்த்து 11 சதவீதம், 4,18,000. (இந்த மாதம் முதல் பதிவுக் கட்டணத்தை 2 ஆக்கிவிட்டார்கள், கூடவே அரசு நிர்ணயிக்கும் வழிகாட்டி மதிப்பை ஏற்றிவிட்டார்கள்.) பத்திரத்தை வங்கியில் ஒப்படைத்ததைப் பதிவு செய்ய 21,000. வக்கீல் கருத்து, இன்ஜினியர் மதிப்பீடு, பரிசீலனைக் கட்டணம் தனி.

அதிலும் மனசு ஆறாதது காப்பீடு. கடனோடு சேர்த்து ஒரே பிரீமியமாக 62,000 போட்டு, அந்தத் தொகையையும் கடனிலேயே ஏற்றிவிட்டார்கள். காப்பீடு வேண்டாம் என்று சொல்லமாட்டேன். அவருக்கு ஒன்று என்றால் இந்தக் கடன் எங்கள் மூன்று பேர் தலையில் விழும். ஆனால் அந்த 62,000-க்கு மாதம் 471 ரூபாய், 240 மாதம், பழைய வட்டியிலேயே 1,13,000 ஆகிறது. வெளியே தனியாக வாங்கலாம் என்றோ, கையிலிருந்து கட்டலாம் என்றோ சொல்ல ஒருத்தர் இல்லை.

செல்லூரில் இருந்தபோது வாடகை 8,000. இப்போது வங்கிக்கு வட்டி மட்டும் 22,600. இதை எழுதிவிட்டு அந்த வரியையே வெகு நேரம் பார்த்துக்கொண்டிருந்தேன். வீடு வாங்கியது தப்பு என்று சொல்லமாட்டேன். பத்து மணிக்கு கேட்டைப் பூட்டுகிற ஓனர் இல்லை. அத்தைக்கு பாத்ரூமில் கைப்பிடி வைக்க யாரையும் கேட்க வேண்டியதில்லை. மகள் சுவரில் கிறுக்கினால் நெஞ்சு பதறவில்லை. இதற்கெல்லாம் ஒரு விலை கொடுக்கலாம். அந்த விலை என்ன என்று தெரிந்து கொடுத்திருக்க வேண்டும்.

மே 5, வெள்ளி

அழகர் ஆற்றில் இறங்கிவிட்டார். விடிகாலையிலேயே அத்தைக்கு டிவியைப் போட்டுவிட்டோம், கையெடுத்துக் கும்பிட்டபடியே இருந்தார். பத்து மணி வாக்கில் குறுஞ்செய்தி: 27,623 எடுக்கப்பட்டது. ஸ்டேட்மென்ட்டைத் திறந்தேன். அசல் 5,022.

தவணையில் கூடினது 4,812 ரூபாய்தான். அது அத்தனையும் அசலுக்குப் போயிருக்கிறது.

ஆகஸ்ட் 5, சனி

மூன்று மாதமாக எழுத ஒன்றும் இல்லை. கஷ்டமாகத்தான் ஓடியது. ஜூலையில் அவர் கடை படுத்தது, பள்ளிக் கட்டணத்துக்கு என் வளையலை அடகு வைத்து, போன வாரம்தான் மீட்டோம்.

நேற்று சீட்டு முடிந்து 1 லட்சம் கைக்கு வந்தது. சமையலறையில் அலமாரி போட என்று கட்டிய சீட்டு. இன்று தவணை தேதி. காலையிலேயே வங்கிக்குப் போய் அதை முழுக்க அசலில் கட்டிவிட்டேன். எங்களுடையது போல ஏறி இறங்கும் மிதக்கும் வட்டியில் தனிநபர் வாங்கிய வீட்டுக் கடனுக்கு முன்கூட்டி அடைத்தால் அபராதம் கிடையாது, 2012-லிருந்தே வங்கிகளுக்கு அப்படித்தான் விதி.

படிவத்தில் ஒரு இடம் இருக்கிறது, அதைக் கவனிக்க வேண்டும்: தவணையைக் குறைக்கவா, காலத்தைக் குறைக்கவா? அந்தத் தம்பி தவணையைக் குறைப்பதில் டிக் போடப் போனார். நான் தடுத்து, "காலம்" என்று எழுத வைத்தேன். 218 ஆக இருந்த மீதித் தவணை 200 ஆனது. பதினெட்டுத் தவணை குறைந்தது. 18 பெருக்கல் 27,623, ஏறக்குறைய 5 லட்சம். கொடுத்தது 1 லட்சம். ஆரம்ப வருஷங்களில் கட்டுகிற ரூபாய்க்குத்தான் இந்த வலு, அதன் மேல் ஏறியிருக்க வேண்டிய வட்டி அத்தனை வருஷத்துக்கும் இல்லாமல் போகிறது. பதினைந்தாவது வருஷத்தில் இதே 1 லட்சத்தைக் கொண்டுபோய்க் கொடுத்தால் இதில் கால்வாசிகூட மிஞ்சாது.

அலமாரி இல்லை. டப்பாக்கள் தரையிலேயே இருக்கட்டும்.

ஆகஸ்ட் 19, சனி

பத்தாம் தேதி ரிசர்வ் வங்கி ஆளுநர் சக்திகாந்த தாஸ் அறிவித்தது நேற்று சுற்றறிக்கையாக வந்துவிட்டது. வட்டி மாறும்போது தவணை ஏறுமா காலம் நீளுமா என்று கடன்தாரருக்குச் சொல்ல வேண்டும். எதை எடுத்துக்கொள்வது என்பதைக் கடன்தாரர் தேர்ந்தெடுக்கலாம். மாதாமாதம் கட்டுவது கடனைக் குறைக்காமல் கூட்டுகிற நிலைக்குப் போகக்கூடாது. இதுவரை கட்டிய அசல், வட்டி, மீதித் தவணை, வருஷ வட்டி விகிதம் இவற்றை மூன்று மாதத்துக்கு ஒரு தடவை கொடுக்க வேண்டும். பழைய கடன்களுக்கும் டிசம்பர் 31-க்குள்.

சந்தோஷம்தான். ஒன்றரை வருஷம் முன்னால் வந்திருந்தால் எங்களுக்கு அந்த 209 நேர்ந்திருக்காது. லேபில் என்னோடு வேலை பார்க்கிற அக்கா 2020-ல் கடன் வாங்கியவர். "உங்க மீதித் தவணை எத்தனைக்கா?" என்று கேட்டேன். தெரியாது என்றார். அவர் போனிலேயே ஸ்டேட்மென்ட்டை இறக்கிக் கொடுத்தேன். மதியம் சாப்பாட்டை அப்படியே மூடி வைத்துவிட்டார்.

செப்டம்பர் 5, செவ்வாய்

மகளின் சார்ட் பேப்பரில் ஒன்று மிச்சம் இருந்தது. ஸ்கேல் வைத்து வரிசைக்கு இருபது, பத்து வரிசை, இருநூறு கட்டம் போட்டேன். பீரோ கதவின் உள்பக்கம் ஒட்டியாயிற்று. இன்றைய தவணை: வட்டி 21,673, அசல் 5,950. முதல் கட்டத்தில் தேதி எழுதினேன். "நான் கையெழுத்துப் போடட்டுமா?" என்றாள் மகள். போடச் சொன்னேன்.

அக்டோபர் 6, வெள்ளி

ரெப்போ இன்றும் 6.50 தான். நேற்று அசல் 5,996. இரண்டாவது கட்டத்தில் அத்தை கையெழுத்துப் போட்டார், பாக்கி 198. தீபாவளிக்கு அவர் கடையில் வேலை கூடும். அதில் ஒரு 20,000 எடுத்து வைக்க முடியுமா என்று கேட்டிருக்கிறேன்.