பி0011: டைமிங் செயினைத் தொடாமல் தீர்ந்த கோளாறு

செகண்ட் ஹேண்டில் வாங்கிய கார். நான்கு சிலிண்டர் பெட்ரோல் என்ஜின், எண்பதாயிரம் கிலோமீட்டரைத் தாண்டியது. சென்னையிலிருந்து செங்கல்பட்டு போகும் ஜிஎஸ்டி சாலையில் நல்ல வேகத்தில் வந்துவிட்டு பரனூர் சுங்கச்சாவடியில் வேகத்தைக் குறைத்தால் என்ஜின் குலுங்கும். ஆர்பிஎம் முள் 500-க்கும் கீழே சரியும். சில சமயம் என்ஜின் அணைந்தே போகும். பின்னால் நிற்கிற பஸ்காரர் ஹாரனில் கை வைப்பார். மறுபடி சாவியைத் திருப்பினால் உடனே கிளம்பிவிடும், சற்று நேரத்தில் ஒன்றும் நடவாததுபோல் சாதுவாக ஓடும். நகருக்குள் மெதுவாக ஓட்டும்போது இந்தத் தொல்லை அநேகமாக இல்லை. வேகமாக ஓடிவிட்டு நிற்கும்போதுதான் வரும்.

விஷயம் தெரிந்தவர்கள் எல்லோரும் ஆளுக்கொரு மருந்து சொன்னார்கள். ஸ்பார்க் பிளக், இக்னிஷன் காயில், த்ராட்டில் பாடியில் அழுக்கு, பெட்ரோலில் கலப்படம். பிளக்கையும் ஏர் ஃபில்டரையும் எப்படியும் மாற்றவேண்டியிருந்ததால் மாற்றினேன். பயனில்லை. பிறகு ஒருநாள் செக் என்ஜின் விளக்கு எரிந்தது. எனக்கு அது நிம்மதியாகவே இருந்தது என்றால் நம்புவீர்களா? அதுவரை யூகத்தில் ஓடிக்கொண்டிருந்த விஷயத்துக்கு ஒரு எண் கிடைத்துவிட்டது.

ஸ்டியரிங்குக்குக் கீழே, கோளாறு எண்களைப் படிப்பதற்கென்று இருக்கும் ஓபிடி சாக்கெட்டில் சிறிய புளூடூத் கருவியைச் செருகி, கைப்பேசியில் படித்தேன். பி0011. உள்ளிழுக்கும் பக்கத்து வால்வுகளைத் திறக்கும் தண்டான கேம் ஷாஃப்ட், இருக்கவேண்டிய இடத்தைவிட முன்னே நிற்கிறது, அதாவது வால்வைச் சீக்கிரமே திறக்கிறது என்பது இதன் பொருள்.

ஒரு பெரிய சர்வீஸ் நிலையத்தில் காட்டினேன். அவர்கள் ஸ்கேனரைச் செருகினார்கள், அதே எண்ணைப் பார்த்தார்கள், எஸ்டிமேட்டை அச்சடித்துத் தந்தார்கள். கேம் ஸ்ப்ராக்கெட், டைமிங் செயின், டென்ஷனர், கைடுகள், கூடவே கூலி. காரின் மறுவிற்பனை விலையில் கணிசமான பங்கு அது. "கோட் அதைத்தான் சொல்கிறது சார்" என்றார் கவுன்ட்டரில் இருந்த இளைஞர். கோட் அதைச் சொல்லவில்லை. எந்த உதிரிபாகம் கெட்டது என்று எந்தக் கோளாறு எண்ணும் சொல்லாது. என்ஜினை ஆளும் கணினியான ஈசியூ கேட்ட கோணம் ஒன்று, கிடைத்த கோணம் வேறு, அந்த வித்தியாசம் குறிப்பிட்ட நேரத்துக்கு மேல் நீடித்தது. அவ்வளவுதான் அதற்குத் தெரியும்.

எஸ்டிமேட்டை மடித்துப் பையில் வைத்துக்கொண்டு அம்பத்தூரில் இருக்கும் ஒரு ஷெட்டுக்குப் போனேன். அங்கே தலைமை மெக்கானிக்கை எல்லோரும் பாய் என்றுதான் அழைக்கிறார்கள். அவரிடம் ஆக்டிவ் டெஸ்ட், அதாவது பாகங்களை இயக்கிப் பார்க்கும் சோதனை, செய்யக்கூடிய ஸ்கேனர் உண்டு. அதைவிட முக்கியமாக, பொறுமை உண்டு.

இந்த அமைப்பு எப்படி வேலை செய்கிறது என்பதைக் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் மற்றது புரியாது. கேம் ஷாஃப்ட்டின் முனையில் உள்ள ஸ்ப்ராக்கெட் ஒரே திடமான சக்கரம் அல்ல. வெளிக்கூட்டை, என்ஜினின் முக்கியத் தண்டான கிராங்க்கிலிருந்து வரும் டைமிங் செயின் சுழற்றுகிறது. உள்ளே இறக்கைகள் கொண்ட ஒரு சுழலி, கேம் ஷாஃப்ட்டோடு பூட்டப்பட்டிருக்கிறது. இறக்கைகளின் இருபுறமும் ஆயில் அறைகள். ஒருபுறம் ஆயிலை ஏற்றினால் கேம் முன்னே நகரும், மறுபுறம் ஏற்றினால் பின்னே வரும். எந்தப் பக்கம் ஏற்றுவது என்பதை முடிவு செய்வது ஆயில் கன்ட்ரோல் வால்வு. கட்டைவிரல் பருமனில் ஒரு சோலனாய்டு (மின்காந்தக் காயில்), அதன் நுனியில் துளைகளும் பள்ளங்களும் கொண்ட உருளை, அதற்குள் முன்னும் பின்னும் ஓடும் ஒரு தண்டு. ஈசியூ நொடிக்குப் பலமுறை மின்துடிப்பு அனுப்பி அந்தத் தண்டை வேண்டிய இடத்தில் நிறுத்திவைக்கிறது. ஆக, கேமை நகர்த்துகிற கை மின்சாரம் அல்ல, என்ஜின் ஆயில்.

ஐட்லிங்கில், அதாவது ஆக்ஸிலரேட்டரைத் தொடாமல் என்ஜின் சும்மா ஓடும்போது, கேம் முழுவதும் பின்னே இருக்கவேண்டும். நடுத்தர வேகத்தில், ஓரளவு சுமையோடு ஓடும்போது முன்னே போகவேண்டும். முன்னே போன கேம் திரும்பி வராமல் அங்கேயே நின்றுவிட்டால், ஐட்லிங்கில் எக்ஸாஸ்ட் வால்வு மூடுமுன்பே இன்டேக் வால்வு திறந்துவிடும். எரிந்த வாயு திரும்ப உள்ளே புகும், புதுக் கலவை கெடும், என்ஜின் குலுங்கி அணையும். வேகமாக ஓடிவிட்டுச் சுங்கச்சாவடியில் நிற்கும்போது மட்டும் ஏன் தொல்லை என்ற கேள்விக்கு விடை இதுதான். கேம் வெளியே போய்விட்டு வீடு திரும்பத் தாமதிக்கிறது.

1980-இல் ஆல்ஃபா ரோமியோ தன் ஸ்பைடர் காரில் வால்வு நேரத்தை மாற்றும் ஏற்பாட்டைக் கொண்டுவந்தபோது அது ஸ்போர்ட்ஸ் கார் சமாச்சாரம். இன்று கால் டாக்சியாக ஓடும் சிறிய காரிலும் இருக்கிறது. தொழில்நுட்பம் கீழே இறங்கிவந்துவிட்டது. ஆயில் மாற்றும் நம் பழக்கம் அதோடு சேர்ந்து மாறவில்லை.

பாய் முதலில் ஸ்கேனரைத் தொடவில்லை. டிப்ஸ்டிக்கை உருவினார். ஆயில் கீழ்க்கோட்டுக்குச் சற்றுக் கீழே, கறுப்பு. விரலில் தேய்த்துப் பார்த்தார், ஆயில் மூடியைத் திறந்து அடிப்புறத்தைக் காட்டினார். பழுப்பு நிறத்தில் பசை படிந்திருந்தது. "பழைய பில் ஏதாவது இருக்கிறதா சார்?" என்று கேட்டார். காரோடு வந்த உறையில் இருந்தது. கடைசி ஆயில் மாற்றம் 20டபிள்யூ-50. காரின் மேனுவல் கேட்பதோ 5டபிள்யூ-30.

இங்கே ஒரு நம்பிக்கையைப் பற்றிச் சொல்லியாகவேண்டும். சென்னை வெயிலுக்குக் கெட்டியான ஆயில்தான் நல்லது என்று நம்மில் பலர் உறுதியாக நம்புகிறோம். வெளியே 30 டிகிரியோ 42 டிகிரியோ, ஓடுகிற என்ஜினின் கூலன்ட்டை 90 டிகிரியை ஒட்டி நிறுத்துவதற்குத்தான் தெர்மோஸ்டாட் இருக்கிறது. ஆயில் டப்பாவில் உள்ள இரண்டாவது எண், 100 டிகிரியில் ஆயில் எவ்வளவு கெட்டி என்பதைக் குறிப்பது. 50 என்பது 30-ஐவிட நிறையவே கெட்டி. கன்ட்ரோல் வால்வின் மெல்லிய பாதைகளில் அது சோம்பலாக நகரும். எல்லாக் காருக்கும் இதையே சட்டமாக எடுத்துக்கொள்ள வேண்டாம். வெப்பமான நாடுகளுக்குக் கெட்டியான ஆயிலை அனுமதிக்கும் மேனுவல்களும் உண்டு. என் காரின் மேனுவலில் அந்த அனுமதி இல்லை.

ஆயிலை உடனே மாற்றிவிடலாமே என்றேன். பாய் தடுத்தார். இப்போது மாற்றினால் கோளாறு பாதி மறைந்துவிடும், எது காரணம் என்று பிறகு கண்டுபிடிக்க முடியாது என்றார். எனக்குப் பிடித்த பதில். அளவை மட்டும் சரிசெய்துவிட்டு மேலே போனோம்.

அடுத்தது மின்பக்கம். பி0010 வந்திருந்தால் வயரிலோ காயிலிலோ கோளாறு என்று ஈசியூவே சொல்லியிருக்கும். அது வரவில்லை. இருந்தாலும் சாக்கெட்டைக் கழற்றி மல்டிமீட்டரை வைத்தோம். மேனுவல்படி 20 டிகிரியில் 6.9 முதல் 7.9 ஓம் இருக்கவேண்டும், காட்டியது 7.4. காயில் நலம்.

பிறகுதான் ஸ்கேனர். என் மலிவான புளூடூத் கருவி கேமின் கோணத்தைக் காட்டவில்லை, ஏனென்றால் அது பொதுவான ஓபிடி தகவல்களில் சேராது, ஒவ்வொரு நிறுவனமும் தனியாக வைத்திருப்பது. பாயின் கருவி காட்டியது. என்ஜின் சூடானதும் ஐட்லிங்கில் விட்டு, ஸ்கேனர் வழியாகக் கன்ட்ரோல் வால்வை ஆன் செய்தார். நல்ல நிலையில் இருந்தால் கேம் உடனே முன்னே போய் என்ஜின் குலுங்கவேண்டும், அல்லது அணையவேண்டும்; ஆஃப் செய்ததும் உடனே தெளியவேண்டும். எங்களுக்கு என்ன நடந்தது? ஆன் செய்தபின் சற்று யோசித்துவிட்டுக் குலுங்கியது. ஆஃப் செய்தபின்னும் குலுங்கிக்கொண்டே இருந்தது. திரையில் கோணம் இருபதில் தொங்கி நின்று, பதினைந்து, எட்டு, மூன்று என்று தயங்கித் தயங்கி இறங்கியது.

அந்த எண்கள் இறங்கியதைப் பார்த்தபோதே பையில் இருந்த எஸ்டிமேட்டின் பெரும்பகுதி அடிபட்டுப்போனது. கேம் இரு திசையிலும் முழுதாக நகர்கிறது, எனவே ஸ்ப்ராக்கெட்டின் உள்ளே எதுவும் உடைந்து சிக்கவில்லை. கடைசியில் பூஜ்யத்துக்கு வந்து நிற்கிறது. செயின் நீண்டுபோயிருந்தால் கேம் பொதுவாகப் பின்தங்கும். என் கேமோ முன்னே நிற்கிறது. கிராங்க்குக்கும் கேமுக்கும் பொருத்தம் தவறினால் வரும் பி0016-உம் இல்லை. மிச்சம் இருப்பது ஆயில் போகும் வழி, அதைத் திறந்து மூடும் வால்வு.

வால்வைக் கழற்றுவது பெரிய வேலை இல்லை. பத்தாம் நம்பர் போல்ட் ஒன்று, சாக்கெட் ஒன்று. கீழே பெல்ட்டும் ஆல்டர்னேட்டரும் இருப்பதால் பழந்துணியைப் பரப்பிவிட்டுக் கழற்றவேண்டும். ஆயில் கட்டாயம் சொட்டும். ஆயில் கசியாமல் அடைக்கும் ரப்பர் வளையமான ஓ-ரிங் இறுகிப்போயிருந்ததால் இடவலமாக மெல்லத் திருகித்தான் வெளியே வந்தது. உருளையின் பள்ளங்களில் தேன் நிறத்தில் வார்னிஷ் போன்ற ஆயில் படிவு, இடையிடையே கறுப்புத் துகள்கள். பேட்டரியிலிருந்து 12 வோல்ட்டை ஒரு கணம் தொட்டுப் பார்த்தார் பாய். டக்கென்று தண்டு போய் டக்கென்று திரும்பவேண்டும். போனது, பாதி வழியில் நின்றது. விரலால் வால்வைத் தட்டியபிறகு திரும்பியது. நீண்ட நேரம் மின்சாரம் கொடுத்தால் காயில் வெந்துவிடும் என்று எச்சரித்துக்கொண்டே இன்னும் இரண்டு முறை தொட்டுக் காட்டினார்.

அடுத்து அவர் செய்ததுதான் என்னைக் கவர்ந்தது. சிலிண்டர் ஹெட்டின் பக்கவாட்டில் தனியாக ஒரு போல்ட்டைக் கழற்றினார். அதற்குள்ளிருந்து சுண்டுவிரல் நுனி அளவில் ஒரு வலை வடிகட்டி வந்தது. கன்ட்ரோல் வால்வுக்குப் போகும் ஆயில் முதலில் இதன் வழியாகத்தான் போகவேண்டும். வலையில் பாதிக்குமேல் அடைப்பு. இணையத்தில் நான் பார்த்த செய்முறை வீடியோக்களில் வால்வை மாற்றிவிட்டு முடித்துவிடுகிறார்கள். இந்த வடிகட்டியைப் பற்றி மூச்சே இல்லை. புது வால்வைப் போட்டு இந்த வலையை அப்படியே விட்டிருந்தால் தொல்லை கொஞ்சம் குறைந்து, பின் மறுபடி வந்திருக்கும். எல்லா என்ஜினிலும் இது ஒரே இடத்தில் இருக்காது. சிலவற்றில் வால்வின் மேலேயே வலை சுற்றப்பட்டிருக்கும். உங்கள் என்ஜினில் எங்கே என்று முதலில் தெரிந்துகொள்ளுங்கள்.

கார்புரேட்டர் கிளீனர் அடித்து, மென்மையான பிரஷ்ஷால் வலையைச் சுத்தம் செய்தோம். ஊசியால் குத்தக்கூடாது, கம்பி விலகினால் வடிகட்டியே வீண். வால்வையும் கழுவினோம், காயில் பகுதியில் கிளீனர் படாமல். இப்போது 12 வோல்ட்டுக்கு டக் டக் என்று போய் வந்தது. அப்படியே மாட்டலாமா, புதிது வாங்கலாமா? கழுவியதே போதும் என்பது ஷெட்டில் இருந்த இளைய மெக்கானிக்கின் கட்சி. தண்டில் மெல்லிய கீறல் ஒன்று இருந்தது. துகள்கள் உரசியதால் வந்திருக்கவேண்டும். நான் புதிது வாங்க முடிவு செய்தேன். ஜெனரல் பேட்டர்ஸ் ரோட்டில் பழைய வால்வைக் கையில் வைத்துக்கொண்டு கடை கடையாக ஏறி இறங்கினேன். மூன்றில் ஒரு பங்கு விலைக்குப் பெயர் தெரியாத பெட்டியில் ஒன்று கிடைத்தது. துளைகளின் விளிம்பு சொரசொரப்பாக இருந்ததால் வேண்டாமென்றேன். பாகத்தின் எண் பழையதோடு ஒத்துப்போன அசல் வால்வையும் புது ஓ-ரிங்கையும் வாங்கினேன். எஸ்டிமேட்டோடு ஒப்பிட்டால் அது சில்லறை.

புது ஓ-ரிங்கில் ஆயில் தடவி மாட்டி, சிறிய போல்ட் என்பதால் அளவோடு இறுக்கினார் பாய். அலுமினிய ஹெட்டில் மரை போனால் வேறு கதையாகிவிடும். பிறகு ஆயில் மாற்றம். சூடாக இருக்கும்போதே பழையதை முழுக்க வடியவிட்டு, புது ஃபில்டரோடு 5டபிள்யூ-30 ஊற்றினோம். என்ஜின் ஃபிளஷ் திரவம் ஊற்றிப் பசையை ஒரேயடியாகக் கரைத்துவிடலாமா என்று கேட்டேன். பாய் கையை உயர்த்தித் தடுத்தார். மொத்தமாகப் பெயர்ந்து வரும் பசை, ஆயில் பம்புக்குக் கீழே இருக்கும் சல்லடையை அடைத்துவிட்டால் என்ஜினே போய்விடும். நல்ல ஆயிலை ஊற்றி, சீக்கிரமே மறுபடி மாற்றினால் அது மெதுவாகக் கழுவிக்கொண்டு வரும் என்றார்.

கோளாறு எண்ணை அழித்துவிட்டு அதே ஜிஎஸ்டி சாலையில் செங்கல்பட்டு வரை போய்த் திரும்பினோம். ஸ்கேனர் பாயின் மடியில். ஈசியூ கேட்கும் கோணமும் கேம் தரும் கோணமும் இப்போது ஒன்றையொன்று விடாமல் தொடர்ந்தன. ஆக்ஸிலரேட்டரிலிருந்து காலை எடுத்ததும் கோணம் சட்டென்று பூஜ்யத்துக்கு விழுந்தது. பரனூரில் என்ஜின் அசையவில்லை. பிக்-அப்பும் மேம்பட்டது.

ஆயிரம் கிலோமீட்டரை ஒட்டி ஆயிலை மறுபடி மாற்றினோம். ஊற்றியபோது தேன்போல் இருந்தது மை போல வெளியே வந்தது. அந்த வலையையும் ஒருமுறை கழற்றிப் பார்த்தோம். ஓரிரண்டு துகள்கள் மட்டும்.

ஒன்று மட்டும் தீரவில்லை. காலையில் முதல் ஸ்டார்ட்டில் ஒரு நொடி கிர்ரென்று ஒரு சத்தம். ஸ்ப்ராக்கெட்டைப் பூட்டிவைக்கும் சிறு முளை (லாக் பின்) கொஞ்சம் தேய்ந்திருக்கலாம் என்கிறார் பாய். "சத்தம் நீண்டால் கொண்டுவாருங்கள், ஸ்ப்ராக்கெட்டைத் திறந்து பார்ப்போம். இப்போதைக்கு வேண்டாம் சார்." மேனுவல் 10,000 கிலோமீட்டருக்கு ஒருமுறை ஆயில் மாற்றச் சொன்னாலும், நின்று நின்று ஓடும் நகர ஓட்டத்துக்கு 5,000 என்று வைத்துக்கொண்டிருக்கிறேன். ஒவ்வொரு மாற்றத்தின்போதும் ஸ்கேனரில் அந்த இரண்டு கோணங்களையும் பார்த்து, பில்லின் பின்புறம் எழுதிவைக்கிறோம்.